லேப் ரிப்போர்ட்டில் வரும் பாக்டீரியா பெயரைப் படிப்பதும் எழுதுவதும் எப்படி?

ஸ்டான்லி மருத்துவமனையைச் சுற்றியோ, தண்டையார்பேட்டையிலோ, திருவொற்றியூரிலோ எந்த லேபில் யூரின் கல்ச்சர் (சிறுநீரில் உள்ள கிருமியை வளர்த்துப் பார்க்கும் டெஸ்ட்) கொடுத்தாலும் கடைசியில் கைக்கு வருவது ஒரு தாள்தான். அதில் கிருமியின் பெயர் இரண்டே சொல்லில் இருக்கும். லேப் டெக்னீஷியன் டிப்ளமோவான டிஎம்எல்டி முதல் வருடம் படிப்பவர்களும், லேபில் டைப்பிங்குக்குச் சேர்ந்தவர்களும், நோயாளியோடு வந்த வீட்டாரும் தடுமாறுவது அந்த இரண்டு சொல்லில்தான். பெயர் தப்பாக ஏறிவிட்டால் பின்னால் வரும் எல்லாமே தப்பாகப் போகும். அதனால் பொறுமையாகப் படிப்படியாகப் பார்ப்போம்.

படி 1: பெயர் எது, வர்ணனை எது என்று பிரியுங்கள்

ரிப்போர்ட்டில் இரண்டு வகை வரி வரும். 'கிராம் நெகட்டிவ் பேசில்லை' என்பது பெயர் இல்லை. கிராம் சாயம் ஏற்றி மைக்ராஸ்கோப்பில் பார்த்தபோது சிவப்பாக, கோல் வடிவில் தெரிந்தது என்று மட்டும்தான் அதற்குப் பொருள். ஒரு நாள் கழித்து வரும் 'க்ளெப்சியெல்லா நிமோனியே' என்பதுதான் பெயர்.

இங்கே முதல் பள்ளம் இருக்கிறது. கோல் வடிவில் உள்ள எதையும் பொதுவாக 'பேசில்லஸ்' என்று சொல்வார்கள். ஆனால் 'பேசில்லஸ்' என்ற பெயரிலேயே தனியாக ஒரு பேரினமும், அதாவது ஒன்றுக்கொன்று நெருங்கிய கிருமி வகைகளின் கூட்டமும், உண்டு. எஸ்செரிச்சியா கோலி கோல் வடிவக் கிருமிதான், ஆனால் பேசில்லஸ் பேரினத்தைச் சேர்ந்தது இல்லை. ரிப்போர்ட்டில் எந்தப் பொருளில் வருகிறது என்று பார்த்துவிட்டுத்தான் நகல் எடுக்க வேண்டும்.

பெயரில் முதல் சொல் பேரினம், இரண்டாவது அதற்குள் ஒரு வகையைக் காட்டும் சிற்றினம். முதல் சொல் தனியாக நிற்கலாம், இரண்டாவது நிற்காது. 'கோலி' என்று மட்டும் எழுதினால் அது எஸ்செரிச்சியா கோலியா, கேம்பைலோபேக்டர் கோலியா, பாக்டீரியாவே இல்லாத என்டமீபா கோலி என்ற அமீபாவா என்று யாராலும் சொல்ல முடியாது.

படி 2: துண்டு துண்டாகப் பிரித்துப் பொருள் பாருங்கள்

பெரும்பாலான பெயர்கள் கிரேக்க, லத்தீன் துண்டுகளை ஒட்டிச் செய்தவை. ஒரு இருபது துண்டு தெரிந்தால் பாதிப் பெயர்களைப் பிரித்துவிடலாம். 'காக்கஸ்' என்றால் உருண்டை மணி. 'ஸ்டெஃபிலோ' திராட்சைக் கொத்து. 'ஸ்ட்ரெப்டோ' முறுக்கிய சங்கிலி. ஆக ஸ்டெஃபிலோகாக்கஸ் என்பது மைக்ராஸ்கோப்பில் கொத்துக் கொத்தாகத் தெரியும் உருண்டைக் கிருமி. ஸ்காட்லாந்து அறுவை மருத்துவர் அலெக்சாண்டர் ஆக்ஸ்டன் வைத்த பெயர் அது. 1884-இல் ஜெர்மன் மருத்துவர் ரோசன்பாக் அதோடு 'ஆரியஸ்' சேர்த்தார். ஆரியஸ் என்றால் பொன் நிறம். லேபில் கிருமி வளர்க்கும் தட்டில் வரும் புள்ளிகள் பொன்மஞ்சளாக இருந்ததால் அந்தப் பெயர். 'சூடோமோனாஸ் ஏருஜினோசா'வில் ஏருஜினோசா என்பது செம்பில் ஏறும் களிம்பின் நிறம். இந்தக் கிருமி வளர்ந்த தட்டில் அந்த நீலப்பச்சை ஊறிப் பரவியிருப்பதைக் கண்ணாலேயே பார்க்கலாம்.

'எல்லா' என்று முடிந்தால் பெரும்பாலும் அதற்குள் ஒரு ஆளின் பெயர் ஒளிந்திருக்கும். க்ளெப்சியெல்லாவில் எட்வின் க்ளெப்ஸ், ஷிகெல்லாவில் ஜப்பானின் கியோஷி ஷிகா, சால்மொனெல்லாவில் அமெரிக்கக் கால்நடை மருத்துவர் டேனியல் எல்மர் சால்மன். சால்மன் மீனிலிருந்து வரும் கிருமி என்று காசிமேட்டில் யாராவது சொன்னால் அவசியம் திருத்துங்கள், மீனுக்கும் இந்தப் பெயருக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. நம் ஆரியபட்டர் பெயரிலும் ஒரு பாக்டீரியா உண்டு. 2009-இல் 'பேசில்லஸ் ஆரியபட்டாய்' என்று பெயரிட்டார்கள், இப்போது அது 'பிரீஸ்டியா' பேரினத்துக்கு மாறியிருக்கிறது.

ஒரு பெயரை முழுதாகப் பிரித்துப் பார்ப்போம். மழைக்காலத்தில் புளியந்தோப்பு, கொருக்குப்பேட்டை பக்கம் தண்ணீர் தேங்கினால் டாக்டர்கள் முதலில் கேட்பது எலிக்காய்ச்சல். அதன் கிருமிகளில் முக்கியமானது 'லெப்டோஸ்பைரா இன்டெரோகன்ஸ்'. 'லெப்டோ' மெல்லிய, 'ஸ்பைரா' சுருள். 'இன்டெரோகன்ஸ்' என்றால் கேள்வி கேட்பது. மெல்லிய சுருளாக இருக்கும் இதன் நுனி கொக்கி போல வளைந்திருக்கும். 1907-இல் இதைத் திசுவில் பார்த்த ஆய்வாளர் ஸ்டிம்சனுக்கு அது கேள்விக்குறி மாதிரித் தெரிந்தது. அப்போது அவர் வைத்த பெயர் 'ஸ்பைரோகீட்டா இன்டெரோகன்ஸ்'. 1926-இல் வென்யன் என்ற ஆய்வாளர் அதை லெப்டோஸ்பைராவுக்கு மாற்றினார். முழுப் பெயரைப் புத்தகத்தில் 'லெப்டோஸ்பைரா இன்டெரோகன்ஸ் (ஸ்டிம்சன் 1907) வென்யன் 1926' என்று போடுவது இதனால்தான். அடைப்புக்குறிக்குள் இருப்பவர் முதலில் வேறு பேரினத்தில் பெயர் வைத்தவர், வெளியே இருப்பவர் இப்போதைய இடத்துக்கு மாற்றியவர். ஸ்டெஃபிலோகாக்கஸ் ஆரியசுக்குப் பின்னால் 'ரோசன்பாக் 1884' என்று அடைப்புக்குறி இல்லாமல் வரும், ஏனென்றால் அது இடம் மாறவில்லை.

முடிவெழுத்தையும் கவனியுங்கள். லத்தீனில் பேரினத்துக்கு ஆண்பால், பெண்பால் போன்ற பால் வேறுபாடு உண்டு, சிற்றினச் சொல் பெயரடையாக இருந்தால் அதற்கேற்ப முடிவு மாறும். டைஃபாய்டு கிருமியின் பழைய பெயர்களே இதற்குச் சாட்சி: பேசில்லஸ் டைஃபோசஸ், சால்மொனெல்லா டைஃபோசா, பாக்டீரியம் டைஃபோசம். மூன்றும் ஒரே கிருமிதான். அதனால் 'அஸ்', 'ஆ', 'அம்' என்று கடைசி எழுத்தை உங்கள் இஷ்டத்துக்கு மாற்றாதீர்கள்.

படி 3: பொருளை எங்கே நம்பக் கூடாது

வீட்டார் அதிகம் பயப்படும் இடம் இது. சிறுநீர் ரிப்போர்ட்டில் 'க்ளெப்சியெல்லா நிமோனியே, ஒரு மில்லிக்கு 1,00,000 சிஎஃப்யு-வுக்கு மேல்' என்று வந்தால் (சிஎஃப்யு என்பது தட்டில் வளரும் புள்ளிகளை வைத்துப் போடும் கிருமிக் கணக்கு), 'நிமோனியாவா? நுரையீரலுக்குப் போய்விட்டதா?' என்று பதறுகிறார்கள். நிமோனியே என்றால் 'நிமோனியாவின்' என்று பொருள். அந்தக் கிருமியை ஆரம்பத்தில் எந்த நோயோடு சேர்த்துப் பார்த்தார்கள் என்பதை மட்டுமே அது காட்டும். இந்த நோயாளியின் உடலில் அது எங்கே இருக்கிறது என்பதைச் சொல்வது சாம்பிளின் பெயர். சாம்பிள் சிறுநீர் என்றால் கிருமி கிடைத்ததும் சிறுநீரில்தான். மருந்து வேண்டுமா என்பதை எண்ணிக்கையையும் நோயாளியின் தொந்தரவையும் சேர்த்துப் பார்த்து டாக்டர் முடிவு செய்வார்.

இதைவிடப் பெரிய உதாரணம் 'ஹீமோஃபிலஸ் இன்ஃப்ளுயன்சே'. 1892-இல் ஜெர்மன் மருத்துவர் ஃபைஃபர் இதுதான் ஃப்ளூ காய்ச்சலுக்குக் காரணம் என்று நினைத்தார். 1933-இல் மனிதரின் ஃப்ளூவுக்குக் காரணம் வைரஸ் என்று தெரிந்துவிட்டது. ஆனாலும் பெயர் அப்படியே நிற்கிறது. பொருள் தப்பு என்பதற்காகப் பெயரை மாற்ற விதியில் இடம் இல்லை, முறைப்படி முதலில் வைத்த பெயருக்கே முன்னுரிமை.

படி 4: எழுதும் முறை

ஆங்கிலத்தில் எழுதும்போது பேரினத்தின் முதல் எழுத்து பெரியது, சிற்றினம் முழுக்கச் சின்ன எழுத்து. ஆள் பெயரிலிருந்து வந்த சிற்றினமானாலும் சின்ன எழுத்துதான். டைப் செய்தால் இரண்டு சொல்லும் சாய்வெழுத்தில். பிராக்டிகல் நோட்டில் கையால் எழுதினால் இரண்டு சொல்லுக்கும் தனித்தனியாக அடிக்கோடு, நடுவில் இடைவெளி விட்டு. ஒரே கோடாக இழுப்பது தப்பு. ஃபோனில் டைப் செய்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: சுருக்கம் போட்டு புள்ளி வைத்ததும் அடுத்த எழுத்தைக் கீபோர்டு தானாகவே பெரிதாக்கிவிடும். திரும்பப் போய்ச் சின்னதாக்குங்கள்.

தமிழில் பெரிய எழுத்து இல்லை, சாய்வெழுத்தும் பல எழுத்துருக்களில் படிக்கும்படி இருக்காது. அதனால் நேரெழுத்திலேயே எழுதலாம். ஆனால் மூன்று விஷயம் தவற வேண்டாம். இரண்டு சொல்லுக்கும் நடுவில் ஒற்று போடாதீர்கள். 'எஸ்செரிச்சியாக் கோலி' என்று எழுதினால் பேரினத்தின் பெயர் சிதைந்துவிடும். 'கோலி', 'கோலை' இரண்டும் அச்சில் இருக்கின்றன, ஒன்றைத் தேர்ந்தெடுத்துக் கடைசிவரை அதையே எழுதுங்கள். வேற்றுமை உருபு பெயரைக் குழப்பும் இடத்தில் 'என்ற பாக்டீரியா' சேர்த்துக்கொள்ளுங்கள். நிமோனியே என்பதை 'நிமோனியை' என்று எழுதினால் படிப்பவர் அதை இரண்டாம் வேற்றுமை என்றுதான் எடுத்துக்கொள்வார்.

படி 5: சுருக்கம்

முதல் முறை முழுப் பெயர், அடுத்த முறையிலிருந்து பேரினத்துக்கு முதல் எழுத்து மட்டும். நம் ஊரில் அப்பா பெயரை இனிஷியலாக முன்னால் போடுவது போலத்தான். தெருவில் நாலு எஸ். குமார் இருந்தால் என்ன ஆகுமோ அதுவேதான் இங்கேயும் ஆகும். 'எஸ்.' என்பது ஸ்டெஃபிலோகாக்கஸ், ஸ்ட்ரெப்டோகாக்கஸ், சால்மொனெல்லா, ஷிகெல்லா, செரேஷியா எதுவாகவும் இருக்கலாம். ஒரே தாளில் இதில் இரண்டு வந்தால் சுருக்கவே வேண்டாம். மலப் பரிசோதனையில் 'இ. கோலி' என்று வெறுமனே எழுதுவதும் ஆபத்து. என்டமீபா கோலிக்கும் அதே சுருக்கம்தான்.

படி 6: பெயருக்குப் பின்னால் வரும் வால்

'எஸ்பி.' என்றால் பேரினம் தெரியும், சிற்றினம் எதுவென்று பிரிக்கவில்லை. 'எஸ்பிபி.' என்றால் அந்தப் பேரினத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட சிற்றினங்கள். இரண்டையும் சாய்க்கக் கூடாது.

அதிகம் குழம்புவது டைஃபாய்டுக்கு எடுக்கும் ரத்தப் பரிசோதனையான விடால் டெஸ்ட்டில். வரிசையாக 'எஸ். டைஃபி ஓ', 'எஸ். டைஃபி ஹெச்', 'எஸ். பாராடைஃபி ஏஹெச்', 'பிஹெச்' என்று வரும். இங்கே டைஃபி என்பது சிற்றினம் இல்லை. சிற்றினம் 'சால்மொனெல்லா என்டெரிகா', டைஃபி அதற்குள் ஒரு சீரோவகை, அதாவது ஆன்டிஜென்களை வைத்துப் பிரிக்கும் உள்வகை. அப்படி 2,500-க்கு மேல் இருக்கின்றன. அதனால்தான் ஆங்கிலத்தில் டைஃபியைப் பெரிய எழுத்தில் தொடங்கி, சாய்க்காமல் எழுதுகிறார்கள். ஓ, ஹெச் இரண்டும் பெயரே இல்லை, நம் உடலின் எதிர்ப்புச் சக்தி அடையாளம் காணும் ஆன்டிஜென்கள்: ஓ கிருமியின் உடற்சுவரில் இருப்பது, ஹெச் அது நகர உதவும் வால் போன்ற கசையிழையில் இருப்பது. 'ஏஹெச்' என்றால் பாராடைஃபி ஏ-வின் ஹெச் ஆன்டிஜென். ஹெச் எழுத்து வந்தது மூச்சுப்படலத்தைக் குறிக்கும் 'ஹவுக்' என்ற ஜெர்மன் சொல்லிலிருந்து. புரோட்டியஸ் கிருமி தட்டில் பரவுவது கண்ணாடியில் ஊதிய மூச்சு போலத் தெரிந்ததாம்.

காலராவிலும் இந்த ஓ வரும். 1992-இல் அன்றைய மெட்ராசில் முதலில் கவனிக்கப்பட்ட புதிய வகைதான் 'விப்ரியோ காலரே ஓ139'. வங்காள விரிகுடாக் கரையோரம் கிடைத்ததால் அதற்கு 'பெங்கால்' என்றும் பெயர். இந்த ஓ எழுத்து, பூஜ்யம் இல்லை. '0139' என்று டைப் செய்துவிட்டால் கம்ப்யூட்டரில் தேடும்போது கிடைக்காது. எஸ்செரிச்சியா கோலி ஓ157-க்கும் இதே எச்சரிக்கை.

எண்ணோடு வரும் இன்னொரு வால் ஸ்ட்ரெயின் எண், அதாவது ஒரு சிற்றினத்துக்குள் தனியாகப் பிரித்து வளர்த்துவரும் வரிசையின் எண். ஏடிசிசி என்பது அப்படிப்பட்ட கிருமிகளைச் சேமித்துவைக்கும் அமெரிக்க நிறுவனம். லேபில் ஆன்டிபயாடிக் டிஸ்க் சரியாக வேலை செய்கிறதா என்று பார்க்க வைத்திருக்கும் கிருமி 'எஸ்செரிச்சியா கோலி ஏடிசிசி 25922'. அதே வேலைக்கு 'ஸ்டெஃபிலோகாக்கஸ் ஆரியஸ் ஏடிசிசி 25923'. ஒரு எண் மாறினால் கிருமியே வேறு. எண்ணை மனப்பாடத்தில் எழுதாமல் குப்பியைப் பார்த்து எழுதுங்கள்.

தண்ணீர் ரிப்போர்ட்டில் வரும் 'கோலிஃபார்ம்' பெயர் இல்லை, இ. கோலி உள்ளிட்ட ஒரு கூட்டத்தைக் குறிக்கும் சொல். லாரித் தண்ணீரோ போர் தண்ணீரோ, குடிக்க வேண்டுமானால் இந்தியாவின் குடிநீர்த் தரமான ஐஎஸ் 10500-இன்படி 100 மில்லியில் இ. கோலி தென்படவே கூடாது. கோலிஃபார்ம் வந்தாலே இ. கோலி வந்துவிட்டது என்று பொருள் இல்லை, இ. கோலிக்கு என்று தனி வரி இருக்கிறதா பாருங்கள். அதேபோல 'எம்ஆர்எஸ்ஏ'வும் தனிச் சிற்றினம் இல்லை. மெத்திசிலின் என்ற ஆன்டிபயாடிக்குக்கு அடங்காத ஸ்டெஃபிலோகாக்கஸ் ஆரியஸ், அவ்வளவுதான்.

படி 7: பெயர் மாறியிருக்கிறதா என்று பாருங்கள்

1980 ஜனவரி 1-இல் வந்த அங்கீகரிக்கப்பட்ட பட்டியலிலிருந்துதான் பாக்டீரியா பெயர்களின் கணக்கு புதிதாகத் தொடங்குகிறது. அதன்பிறகும் பெயர்கள் மாறிக்கொண்டே இருக்கின்றன. 2016-இல் க்ளாஸ்ட்ரிடியம் டிஃபிசிலே 'க்ளாஸ்ட்ரிடியாய்டஸ் டிஃபிசிலே' ஆனது. 2017-இல் என்டெரோபேக்டர் ஏரோஜெனஸ் 'க்ளெப்சியெல்லா ஏரோஜெனஸ்' ஆனது. 2020-இல் லாக்டோபேசில்லஸை உடைத்து 23 புதிய பேரினங்கள் வந்தன. மருந்துக்கடையில் வாங்கும் புரோபயாடிக் அட்டையில் லாக்டோபேசில்லஸ் கேசி என்றும், இன்னொன்றில் லாக்டிகேசிபேசில்லஸ் கேசி என்றும் இருந்தால் எதுவும் போலி இல்லை, இரண்டும் ஒரே கிருமி.

சரிபார்க்க பாக்டீரியா பெயர்ப் பட்டியலான எல்பிஎஸ்என் (LPSN) என்ற இலவசத் தளம் இருக்கிறது. ஜெர்மனியின் கிருமிச் சேமிப்பகமான டிஎஸ்எம்இசட் அதை நடத்துகிறது. ரிப்போர்ட்டில் உள்ள இரண்டு சொல்லையும் அப்படியே ஆங்கிலத்தில் தட்டுங்கள். வரும் பக்கத்தில் 'சரியான பெயர்' என்ற வரியைப் பாருங்கள். அங்கே வேறு பெயர் இருந்தால் நீங்கள் தட்டியது பழைய பெயர். ரிப்போர்ட்டில் புதிய பெயரை எழுதி, பக்கத்தில் 'முன்பு' என்று பழையதையும் சேருங்கள். பழைய ரிப்போர்ட்டோடு ஒப்பிடும் டாக்டருக்கு அது பெரிய உதவி.

பயிற்சிக்கு மூன்று பெயர். விடையைப் பார்க்காமல் முதலில் நீங்களே பிரித்துப் பாருங்கள்.

'விப்ரியோ வல்னிஃபிகஸ்': விப்ரியோ அதிர்ந்து நகர்வது, வல்னஸ் காயம், ஃபிகஸ் உண்டாக்குவது. கடல்நீர் படும் காயத்தில் வரும் கிருமி, துறைமுகத்தில் வேலை செய்பவர்கள் தெரிந்துவைத்திருக்க வேண்டிய பெயர்.

'விப்ரியோ பாராஹீமோலிட்டிகஸ்': பாரா என்றால் பக்கத்தில், ஒத்தது. ஹீமோ ரத்தம், லிட்டிகஸ் கரைப்பது. சரியாக வேகாத கடல் உணவில் வயிற்றுப்போக்கு தருவது. மேலே உள்ளதோடு சேர்த்து எழுதினால் 'வி. வல்னிஃபிகஸ்', 'வி. பாராஹீமோலிட்டிகஸ்' என்று சுருக்கலாம், பேரினம் ஒன்றுதான் என்பதால் குழப்பம் வராது.

'பேசில்லஸ் துரிஞ்சியென்சிஸ்': 'என்சிஸ்' என்று முடிந்தால் பெரும்பாலும் ஊர்ப்பெயர். ஜெர்மனியின் துரிங்கியா பகுதி. செடியில் புழுவுக்கு அடிக்கும் 'பிடி' மருந்து இந்தக் கிருமியிலிருந்து வருவதுதான்.