கருமந்தியைப் படமெடுக்கும் முறை

கொரில்லா ஆய்வாளர் டயான் ஃபாசி 1967-இல் ருவாண்டாவின் மலைக்காட்டில் கரிசோகே ஆய்வு நிலையத்தைத் தொடங்கி, ஒவ்வொரு கொரில்லாவையும் அதன் மூக்கின் மேலுள்ள மடிப்புக் கோடுகளை வைத்தே தனித்து அடையாளம் கண்டார். முகம் தெளிவாகத் தெரியும் ஒரு படம் அங்கே ஒரு விலங்கின் பதிவேடாகவே பயன்படுகிறது. நீலகிரியிலும் பழனி மலையிலும் சோலைக்காடுகளில் வாழும் கருமந்தியை (நீலகிரி லங்கூர் குரங்கு) படமெடுக்க விரும்புவோர் அந்த நோக்கத்தோடு தொடங்கினால், எடுக்கும் படம் காட்டுக்கும் பயன்படும்.

முதலில் அனுமதி. காப்புக்காட்டுக்குள் செல்லும் முன் வனத்துறையிடம் ஒப்புதல் பெற வேண்டும்; சரணாலயத்திற்குள் படமெடுப்பதற்கு 1972-ஆம் ஆண்டு வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின்படி தனி அனுமதி தேவை. கோத்தகிரியை அடுத்த லாங்வுட் சோலை 116 ஹெக்டேர் பரப்பே உள்ளது. உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களுக்கான ராம்சார் பட்டியலில் 2024-இல் இடம்பெற்ற இத்தகைய சிறிய காட்டில் பத்துப் பேர் ஒரே மரத்தடியில் கூடினாலே விலங்குக்கு ஒதுங்க இடம் இருக்காது.

கொரில்லாவைப் பார்க்கச் செல்வோர் ஒரு கூட்டத்திற்கு நாளொன்றுக்கு எட்டுப் பேர், ஒரு மணி நேரம் என்று ருவாண்டாவில் வரம்பு வைத்திருப்பதற்கு முக்கியக் காரணம், மனிதனின் சளியும் இருமலும் அதற்குத் தொற்றிக் கொல்லக்கூடும் என்பதே. நமது மந்திக்கு அப்படியொரு விதி எழுதப்படவில்லையென்றாலும், சளி பிடித்திருக்கும் நாளில் நான் காட்டுக்குப் போவதில்லை. அதிகாலையில் ஆண் மந்தி எழுப்பும் ஆழ்ந்த 'ஹூ' ஒலியைக் கேட்டு இருப்பிடத்தை ஊகித்து, தொலைவிலேயே நின்றுவிடுகிறேன். மேய்ந்துகொண்டிருந்த கூட்டம் இலையை விட்டுவிட்டு நம்மையே உற்றுப் பார்க்கத் தொடங்கினால், நாம் மிக நெருங்கிவிட்டோம் என்று பொருள். தின்பண்டம் காட்டி அழைப்பதை எந்த நிலையிலும் செய்யக்கூடாது.

கேமராவைப் பொறுத்தவரை கருமந்தியும் கொரில்லாவும் தருவது ஒரே தொல்லை: கறுப்பு உடல். சட்டகம் முழுவதும் கருரோமம் நிறைந்திருக்கும்போது கேமரா அதைச் சாம்பல் நிறமாக்கிவிடும் என்பதால் எக்ஸ்போஷரை (படத்தில் பதியும் ஒளியின் அளவை) அரை அல்லது ஒரு படி குறைக்க வேண்டும். அதே மந்தி உச்சிக்கிளையில் வெள்ளை வானத்தின் முன் அமர்ந்திருந்தால் இதற்கு நேர்மாறாக ஒரு படிக்கு மேல் கூட்ட வேண்டும். இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டு முதல் ஆண்டில் நான் எடுத்தவற்றில் பாதி, முகமில்லாத கரிப்பொம்மைகளாகத்தான் வந்தன. தலையிலுள்ள பொன்பழுப்பு ரோமத்தின் விவரம் அழியாமல் இருக்கிறதா என்று பார்த்துச் சரிசெய்வது எளிய வழி. சோலையின் உள்ளே வெளிச்சம் குறைவு என்பதால் ஐ.எஸ்.ஓ. (கேமராவின் ஒளியுணர்திறன்) 3200 வரை போகத் தயங்க வேண்டாம். தாவும் மந்திக்கு நொடியில் 1000-இல் ஒரு பங்கு ஷட்டர் வேகம் வேண்டும். மூடுபனி நகர்ந்து விலகும் சில நிமிடங்கள், நிழலற்ற மென்மையான ஒளி கிடைப்பதால், கறுப்பு விலங்குக்கு உச்சி வெயிலைவிடப் பன்மடங்கு நல்லவை. ஃபிளாஷ் வேண்டாம்.

அழகிய முகப்படம் ஒன்று கிடைத்ததும் திரும்பிவிடுவதே பெரும்பாலோர் செய்யும் பிழை. பெண் மந்தியின் தொடையின் உட்புறத்தில் வெண்திட்டு இருக்கும் என்பதால் அது தெரியும் கோணத்திலும், செம்பழுப்பு நிறத்தோடு பிறக்கும் குட்டி தாயின் மார்பில் இருக்கும்போதும் எடுத்தால், கூட்டத்தில் ஆண் எத்தனை, பெண் எத்தனை, அண்மையில் பிறந்தவை எத்தனை என்று பின்னர் எண்ணலாம். தின்பது சோலை மரத்தின் தளிரா, சீகை (வாட்டில்) மரத்தின் இலையா என்பதையும், மரக்கிளைகள் இணையாத இடத்தில் சாலையைத் தரைவழியே கடக்கிறதா என்பதையும் படத்தில் பிடித்துவிட வேண்டும். மரத்துக்கு மரம் தாவிக் கடக்க உதவும் மேற்பாலம் எங்கே தேவை என்று கேட்பதற்கு அந்தக் கடைசிப் படமே ஆதாரம்.

அன்றிரவே தேதி, நேரம், வனச்சரகம், எண்ணிக்கை ஆகியவற்றைக் குறிப்பேட்டில் எழுதி, மூலக்கோப்புகளோடு வனச்சரக அலுவலகத்திற்கு ஒரு நகல் கொடுக்கலாம். கறிக்காகவும் லேகியத்திற்காகவும் இம்மந்தி வேட்டையாடப்பட்ட வரலாறு உண்டு. ஆகவே பொதுவெளியில் பகிரும் படத்திலிருந்து ஜி.பி.எஸ். தகவலை நீக்கிவிட்டு, ஊர்ப்பெயருக்குப் பதிலாக மாவட்டத்தின் பெயரை மட்டும் குறிப்பிட வேண்டும்.