‘ஹெட் ஹண்டர்ஸ்’ ஆல்பத்தைக் கேட்பது எப்படி? ஜாஸ்-ஃபங்க் புதியவர்களுக்கு ஒரு செய்முறை

ஜாஸின் கற்பனை வாசிப்பும் ஃபங்க்கின் நடனத் தாளமும் கலந்தது ஜாஸ்-ஃபங்க். அதைக் கேட்க எங்கே தொடங்கலாம் என்று யார் கேட்டாலும் நான் யோசிக்காமல் சொல்வது அமெரிக்க ஜாஸ் பியானோ கலைஞர் ஹெர்பி ஹான்காக்கின் ‘ஹெட் ஹண்டர்ஸ்’. 1973 அக்டோபரில் கொலம்பியா ரெக்கார்ட்ஸ் வெளியிட்டது. நான்கே உருப்படிகள், சுமார் 42 நிமிடம், பாட்டு வரிகள் கிடையாது.

பல்லவி, சரணம் என்று கேட்டுப் பழகிய காதுக்கு முதல் தடவை இது பிடிபடாமல் போகலாம். ‘ஒரே விஷயம் திரும்பத் திரும்ப வருகிறதே’ என்று தோன்றும். மெட்டை எதிர்பார்த்து உட்கார்ந்தால் அப்படித்தான் ஆகும். இந்த ஆல்பத்தை அடியிலிருந்து கேட்க வேண்டும். முதலில் பேஸ் (அடியில் கனமாக ஒலிக்கும் கீழ்ஸ்தாயிச் சுரங்கள்), அடுத்து டிரம்ஸ், பிறகு கீபோர்டுகள், மெட்டு கடைசியில்தான். கீழே இருக்கிற ஐந்து படிகளும் அதற்காகவே.

படி 1: ஹெட்ஃபோன் எடுங்கள்

ஃபோன் ஸ்பீக்கரில் கேட்காதீர்கள். இந்த இசையின் முக்கால்வாசி பேஸில் இருக்கிறது, அதுதான் ஃபோன் ஸ்பீக்கரில் காணாமல் போகும். சுமாரான இயர்ஃபோன் இருந்தால்கூடப் போதும்.

படி 2: ‘வாட்டர்மெலன் மேன்’, இரண்டு முறை, இரண்டு வடிவத்தில்

ஆல்பத்தில் இது இரண்டாவது உருப்படி. ஆனால் இங்கே தொடங்குவதுதான் நல்லது, காரணம் ஒப்பிட்டுப் பார்க்க ஒரு பழைய வடிவம் இருக்கிறது. 1962-இல் ப்ளூ நோட் நிறுவனத்துக்காக ஹான்காக் பதிவு செய்த முதல் ஆல்பமான ‘டேக்கின் ஆஃப்’-இல் இதே உருப்படி உண்டு. சிகாகோவில் அவர் சிறுவனாக இருந்தபோது கல் பாவிய சந்துகளில் தர்பூசணி வண்டி உருண்டு வரும் சத்தம்தான் இதற்கு விதை.

முதலில் 1962 பதிவு. பியானோ ஒரு துள்ளலான வாசிப்பைத் தொடங்கிவைக்க, ஃப்ரெடி ஹப்பார்டின் டிரம்பெட்டும் டெக்ஸ்டர் கார்டனின் சாக்ஸஃபோனும் சீக்கிரமே மெட்டைக் கொடுத்துவிடும். கேட்ட உடனே வாய் முணுமுணுக்கும்.

இப்போது 1973 பதிவு. புதிய அமைப்பைச் செய்தவர் டிரம்ஸ் வாசித்த ஹார்வி மேசன். வேகம் நன்றாகக் குறைந்திருக்கும். தொடக்கத்தில் புல்லாங்குழலும் மனிதக் குரலும் மாறி மாறி வருவது போல ஒன்று கேட்கும். அது தாளவாத்தியக் கலைஞர் பில் சம்மர்ஸ் பீர் பாட்டிலில் ஊதுவது. ஒரு ஊதல், ஒரு குரல், மறுபடி ஊதல். அதன் மேல் ஒவ்வொரு கருவியாக வந்து சேரும். பழக்கமான மெட்டு வர நன்றாகக் காத்திருக்க வேண்டும். அவசரப்பட்டுத் தள்ளிவிடாதீர்கள்.

பாட்டிலில் ஊதும் அந்த உத்தியின் பிறப்பிடம் மத்திய ஆப்பிரிக்கக் காடுகளில் வாழும் பா-பென்செலே மக்களின் இசை. ஹிண்டேவூ என்று பெயர். பப்பாளிக் காம்பில் செய்த ஒற்றைச் சுர ஊதலையும் குரலையும் அவர்கள் பின்னுவார்கள். 1960களில் இசை ஆய்வாளர் சிம்ஹா ஆரோம் பதிவு செய்த இசைத்தட்டு வழியாக அது சம்மர்ஸின் காதுக்கு எட்டியது. 1994-இல் மடோனா தன் ‘சாங்க்சுவரி’ பாடலில் ஹான்காக்கின் இந்தப் பதிவை சாம்பிள் செய்தார், அதாவது அதிலிருந்து ஒரு துண்டை எடுத்துத் தன் பாடலில் சேர்த்தார். பாடலை எழுதியவர்கள் பட்டியலில் ஹான்காக் பெயர் உண்டு, பா-பென்செலே மக்களின் பெயர் இல்லை. எனக்கு மிகவும் பிடித்த ஆல்பம் இது. ஆனாலும் இந்த விஷயத்தைச் சொல்லாமல் இதை அறிமுகப்படுத்துவது சரியில்லை என்றே நினைக்கிறேன். அந்தப் பழைய களப்பதிவு கிடைத்தால் அதையும் கேளுங்கள்.

படி 3: ‘கமீலியன்’, மூன்று தடவை

ஆல்பத்தின் முதல் உருப்படி, 15 நிமிடத்துக்கும் மேல். இதற்குத்தான் அதிக நேரம் ஒதுக்க வேண்டும்.

முதல் தடவை பேஸ் மட்டும். இங்கே கேட்பது பேஸ் கிட்டார் இல்லை. ஆர்ப் ஒடிஸி என்ற சிந்தசைசரில் (மின்னணு கீபோர்டில்) ஹான்காக்கே வாசிப்பது. பன்னிரண்டு சுரங்கள் கொண்ட ஒரு சுற்று. ஆதி தாளம் போடத் தெரிந்தவர்கள் போட்டுப் பாருங்கள், ஒரு ஆவர்த்தனத்தில் ஒரு சுற்று முடியும். சுற்று சமத்தில், அதாவது தாளத்தின் முதல் அடியில், தொடங்காது. சற்று முன்பே கிளம்பி, அரைச் சுரம் அரைச் சுரமாக ஏறி, சமத்தில் வந்து இறங்கும். தாளம் போட்டுக்கொண்டே கேட்டால் இந்த இழுப்பு உடம்பில் தெரியும். இரண்டே கார்டுகள் (சேர்ந்து ஒலிக்கும் சுரக் கூட்டங்கள்), அவ்வளவுதான் அடித்தளம்.

இரண்டாவது தடவை, யார் எப்போது உள்ளே வருகிறார் என்று கவனியுங்கள். பேஸோடு டிரம்ஸ் சேரும். அப்புறம் கிட்டார் மாதிரி ஒன்று மேலே நறுக்நறுக்கென்று கேட்கும். ஆனால் இந்த ஆல்பத்தில் கிட்டாரிஸ்ட்டே கிடையாது! பால் ஜாக்சன் தன் பேஸ் கிட்டாரின் உச்சஸ்தாயியில் வாசிப்பது அது. கூடவே ஹான்காக்கின் கிளாவினெட் என்ற மின் கீபோர்டு. மற்ற ஃபங்க் குழுக்களில் கிட்டார் செய்கிற வேலையை இங்கே இவை பங்கிட்டுக்கொள்கின்றன. ஒவ்வொருவரும் வாசிப்பது கொஞ்சம்தான், ஒருவர் விட்ட இடைவெளியில் மற்றவர் விழுகிறார். ஃபங்க் என்பது இந்தப் பங்கீடுதான். சாக்ஸஃபோன் மெட்டு வர ஒரு நிமிடத்துக்கும் மேல் ஆகும்.

மூன்றாவது தடவை, பாதி தாண்டியதும் நடக்கும் மாற்றத்தைப் பாருங்கள். அந்த சிந்தசைசர் பேஸ் விலகும். ஜாக்சன் கீழே இறங்கி உண்மையான பேஸ் வாசிக்க, ஹான்காக் ஃபெண்டர் ரோட்ஸ் மின்பியானோவில் நீண்ட தனி வாசிப்பு ஒன்றை எடுப்பார். ஜாஸ் டிரம்பெட் மேதை மைல்ஸ் டேவிஸ் குழுவில் 1963 முதல் ஐந்து வருடம் வாசித்த கைகள் அவை. ஃபங்க்கின் மேல் ஜாஸ் எப்படி உட்காருகிறது என்று கேட்டால் நான் இந்தப் பகுதியைத்தான் காட்டுவேன். கடைசியில் பழைய பேஸ் சுற்று திரும்பும், பென்னி மாப்பின் சாக்ஸஃபோனில் பறப்பார்.

படி 4: ‘ஸ்லை’, பிறகு ‘வெய்ன் மெல்ட்டர்’

மூன்றாவது உருப்படியின் பெயர் ஃபங்க் இசைக்கலைஞர் ஸ்லை ஸ்டோனுக்கு மரியாதை. இதற்கு முன் ஹான்காக் நடத்திய குழு விண்வெளியில் மிதப்பது போன்ற சோதனை இசை வாசித்தது. மண்ணில் கால் பதிந்த ஒன்று வேண்டும் என்று அவருக்கு ஏக்கம். புத்த மந்திரம் ஓதிக்கொண்டிருந்தபோது ஸ்லை ஸ்டோனின் ஒரு பாட்டு மனதில் ஓடியது, அதுவே வழிகாட்டியது என்று அவரே சொல்லியிருக்கிறார். பழைய குழுவிலிருந்து மாப்பினை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற எல்லோரையும் புதிதாகச் சேர்த்தார். ஆகவே முதலில் ‘ஸ்லை அண்ட் த ஃபேமிலி ஸ்டோன்’ குழுவின் ஏதாவது ஒரு பாட்டைக் கேட்டுவிட்டு இதற்கு வாருங்கள். நடுவில் வேகம் எகிறும், தாளத்தைக் கைவிட்டுவிடாதீர்கள்.

‘வெய்ன் மெல்ட்டர்’ நிதானமானது. மாப்பினின் பேஸ் கிளாரினெட்டுக்காகக் கேளுங்கள்.

படி 5: இது எங்கே போய்ச் சேர்ந்தது?

ஆல்பம் பத்து லட்சத்துக்கும் மேல் விற்றது. ஜாஸ் ரசிகர்களில் ஒரு பகுதி முகம் சுளித்தது, நடனக் கூடங்களுக்குப் போகிறவர்கள் வாங்கினார்கள். இதன் பெரிய வாரிசு ஹிப்-ஹாப். ஹான்காக் இல்லாமல் இந்தக் குழு மட்டும் 1975-இல் வெளியிட்ட ‘காட் மேக் மீ ஃபங்கி’ தொடக்கத்தில் வரும் டிரம்ஸ் துண்டு, எத்தனையோ ராப் பாடல்களுக்கு அடித்தளமாகிவிட்டது. முதல் சில நொடிகளிலேயே ‘இதை எங்கேயோ கேட்டிருக்கிறோமே’ என்று தோன்றும். ஹான்காக்கும் அந்தப் பக்கம் போனார். 1983-இல் வந்த அவருடைய ‘ராக்கிட்’-இல் இசைத்தட்டைத் தேய்த்து எழுப்பும் ஓசையே ஒரு வாத்தியம்.

இதெல்லாம் பிடித்திருந்தால் அடுத்தது 1974-இல் வந்த ‘த்ரஸ்ட்’. மேசனுக்குப் பதில் மைக் கிளார்க் டிரம்ஸ், அடிகள் இன்னும் நுணுக்கம். ‘பாம் கிரீஸ்’ எளிது, அதில் தொடங்குங்கள். ‘ஆக்சுவல் ப்ரூஃப்’-ஐக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள், அதில் சமம் எங்கே என்று பிடிக்கக் கொஞ்சம் நேரம் ஆகும்.