நாழியுப்பு: கற்பனைக் கடலுக்குக் காலம் வளைக்கும் பொருள் செய்வது எப்படி

சனிக்கிழமை இரவானால் பினாங்கின் ஜெலுத்தோங்கில் என் வீட்டில் ஐந்து பேர் கூடிப் பகடை உருட்டிக் கதை விளையாடுவோம், கதையை நடத்துவது நான். கடலும் கள்ளக்கடத்தலும் நிறைந்த உலகம். அதில் காலத்தை வளைக்கிற பொருள் ஒன்று வேண்டும் என்று ஆசைப்பட்டு, விழுங்கினால் காலம் பின்னால் ஓடுகிற ஒரு முத்தைக் கொடுத்தேன். மூன்றே வாரத்தில் கதை படுத்துவிட்டது. யார் செத்தாலும் ஒரு முத்து, எந்தத் திட்டம் சொதப்பினாலும் ஒரு முத்து, அப்புறம் யாருக்கு எதற்குப் பயம்?

அதனால் நீங்கள் செய்யும்போது காலத்தைப் பின்னால் ஓட விடவே விடாதீர்கள். பொருள் என்னென்ன வித்தை காட்டும் என்பதையும் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். அது கொடுக்கிற நேரம் யார் கணக்கிலிருந்து வருகிறது, யார் எப்போது திருப்பிக் கட்ட வேண்டும், இது தெரிந்தால் பாதி வேலை முடிந்தது.

என்னுடையது நாழியுப்பு. நாழி என்றால் படி மாதிரி அளக்கிற பாத்திரம், பேச்சில் நாழிகையும் அதுதான், ஆக பெயரே பாதிக் கதையைச் சொல்லிவிடுகிறது. ஒரு சிட்டிகையை நாக்கில் வைத்தால் உங்களுக்கு மட்டும் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம், கூடுதலாகக் கிடைக்கும். சுற்றி இருப்பவர்கள் சிலை மாதிரி நிற்பார்கள். அடுத்த முறை கடல் ஏறி உச்சத்தைத் தொடும்போது அந்த 24 நிமிடத்தைக் கடல் திருப்பி எடுத்துக்கொள்ளும். எங்கே நிற்கிறீர்களோ அங்கேயே நீங்கள் சிலை. இவ்வளவுதான் சட்டம், இதற்கு மேல் ஒன்றும் சேர்க்காதீர்கள்.

கடனை நீர் ஏற்றத்தோடு இணைத்ததற்குக் காரணம் உண்டு. பினாங்கில் கடல் ஒரு நாளில் இரண்டு தடவை ஏறி இறங்கும், ஓர் ஏற்றத்துக்கும் அடுத்ததற்கும் நடுவே சுமார் 12 மணி 25 நிமிடம். நாழிகையில் போட்டுப் பாருங்கள், கிட்டத்தட்ட 31 வருகிறது! இதை நான் திட்டமிடவில்லை, கணக்குப் போட்டபோது எனக்கே புல்லரித்தது. உடனே ஒரு குப்பிக்கு 31 சிட்டிகை என்று வைத்துவிட்டேன். இன்னொரு வசதி, ஏற்றம் நாளுக்கு நாள் ஏறக்குறைய 50 நிமிடம் தள்ளிப்போகும், நேற்றைய நேரத்தை நம்பித் திட்டம் போடுகிறவன் மாட்டுவான். எங்கள் கடத்தல்காரன் சுங்கப் படகிடமிருந்து தப்ப இரண்டு சிட்டிகை போட்டான், மறுநாள் எதிரியின் கப்பலில் கயிறு பிடித்து ஏறிக்கொண்டிருந்தபோது கடல் உச்சம் தொட்டது. பாதிக் கயிற்றில் 48 நிமிடம். "அண்ணே, கொஞ்சம் தள்ளிப் போட முடியாதா லா?" என்றான். முடியாது.

தோற்றத்துக்கு வானவில் ஒளியெல்லாம் வேண்டாம். வற்று நீர் நேரத்தில், கடலில் மரக்கால் ஊன்றி வீடு கட்டியிருக்கிற சியூ ஜெட்டிக்குப் போய்ப் பலகைக்குக் கீழே எட்டிப் பாருங்கள். சேறு, கால்களில் ஒட்டிய சிப்பி, அந்த வாடை. நாழியுப்பு அங்கேதான் சாம்பல் நிறத்தில் பொருக்குத் தட்டியிருக்கும். முதிர்ச்சிக்கு அம்பரைப் பார்த்துக் காப்பியடித்தேன்: திமிங்கிலத்தின் குடலில் உண்டாகும் அது புதிதில் கறுப்பாக நாறும், வருடக்கணக்கில் கடலில் மிதந்த பிறகுதான் வெளுத்து மணக்கும். அதேபோல் புது உப்பு குமட்டும், கடனையும் இரட்டிப்பாக வாங்கும், அதனால் விலை மலிவு.

கடலுக்கு நேரம் எங்கிருந்து வந்தது என்று எவனாவது கேட்பான். நம் ஊரிலேயே பதில் இருக்கிறது. 1981 டிசம்பர் 31 இரவு பதினொன்றரைக்கு மலேசியத் தீபகற்பம் முழுக்கக் கடிகாரத்தை அரை மணி முன்னால் தள்ளி நேராக 1982-க்குள் போனார்கள். அந்த அரை மணி எங்கே? ஒன்றேகால் நாழிகை, ஆளுக்கு! ஜப்பான்காரன் காலத்தில் தோக்கியோ நேரத்துக்கு ஒன்றரை மணி தள்ளியதும் உண்டு, ஆனால் அது பிறகு திரும்பி வந்துவிட்டது. உங்கள் கற்பனைத் துறைமுகத்திலும் இப்படி ஓர் ஆணை போடுங்கள், பறிபோன நேரம் கடலில் உப்பாகப் படியட்டும்.

மேசையில் நேரத்தைக் காட்டக் கைப்பேசி வேண்டாம். அந்தக் காலத்து நாழிகை வட்டில் மாதிரி, அடியில் பொடி ஓட்டை போட்ட கிண்ணத்தைத் தண்ணீரில் மிதக்க விடுங்கள். அம்மாவின் பழைய அலுமினியக் கிண்ணத்தில் ஊசி முனையளவு ஓட்டை போட்டேன், கொஞ்சம் பெரிதாகிவிட்டது, மெழுகால் பாதி அடைத்து ஆறு நிமிடத்துக்குக் கொண்டுவர ஒரு மாலையே போனது. நிஜமாகவே 24 நிமிடம் வைத்தால் எல்லாரும் மாமாக் கடைக்குச் சாப்பிடக் கிளம்பிவிடுவார்கள். உப்பைப் போட்டவன் கிண்ணம் மூழ்குவதற்குள் செய்ய வேண்டியதைச் சொல்லி முடிக்க வேண்டும். விளிம்பில் தண்ணீர் தொட்டதும் பேச்சு தானாக நிற்கும், 'டுக்' என்று அடியில் தட்டும்.

முதல் ஆட்டத்தில் மூன்று சிட்டிகைக்கு மேல் கொடுக்காதீர்கள், குப்பி பிறகு வரட்டும். ஏற்ற நேர அட்டவணையை மட்டும் நீங்களே வைத்துக்கொள்ளுங்கள், கேட்டால் கரைக்குப் போய்ப் பார்க்கச் சொல்லுங்கள்.