காலத்தைக் குலைக்கும் உயிரிகளுக்குக் கதையில் சிறை அமைக்கும் முறை

காலத்தில் பின்னோக்கிச் செல்லவோ, தன்னைச் சுற்றி அதை விரைவுபடுத்தவோ வல்ல ஓர் உயிரியைச் சிறைவைக்கும் அறிவியல் புனைகதையை எழுத முனைபவர், பெரும்பாலும் சுவரின் கனத்திலிருந்தும் காவலரின் எண்ணிக்கையிலிருந்தும் தொடங்கிவிடுகிறார். அவ்வுயிரிக்கோ, அந்தச் சுவர் எழுப்பப்படுவதற்கு முந்தைய நாளும் எட்டக்கூடிய இடமே. ஆகவே சிறையைப் பற்றி ஒரு வரி எழுதுவதற்கு முன், கைதியால் எதைச் செய்ய முடியாது என்பதை முடிவு செய்யுங்கள். சிறையின் ஒவ்வொரு பகுதியும் அந்த முடியாமையைப் பற்றிக்கொண்டுதான் நிற்க வேண்டும்.

முதல் முடிவு, கடந்த காலம் மாறக்கூடியதா என்பது. ஐன்ஸ்டைனின் ஈர்ப்புக் கோட்பாடான பொதுச் சார்பியலின் சமன்பாடுகள் காலத்தில் தொடக்கத்துக்கே திரும்பிவரும் பாதைகளை அனுமதிக்கின்றன என்று கணிதவியலாளர் கர்ட் கோடல் 1949-இல் காட்டினார். அத்தகைய பாதைகள் உருவாவதை இயற்பியல் விதிகளே தடுத்துவிடும் என்ற கருதுகோளை இயற்பியலாளர் ஸ்டீபன் ஹாக்கிங் 1992-இல் முன்வைத்தார். இவ்விரண்டுக்கும் நடுவே, பயணம் நிகழலாம், ஆனால் ஏற்கெனவே நடந்ததோடு முரண்படும் எதுவும் நிகழாது என்ற, ரஷ்ய இயற்பியலாளர் இகோர் நொவிகோவின் கொள்கை நிற்கிறது. சிறைக்கதைக்கு நான் பரிந்துரைப்பது இந்த நடுவழியையே. இதன்படி, இன்று நிற்கும் சிறையைக் கைதி நேற்றைக்குச் சென்று இல்லாமல் ஆக்க முடியாது. அவ்வாறு அது எடுக்கும் முயற்சி ஒவ்வொன்றும் சிறை கட்டப்பட்டதற்கான காரணங்களுள் ஒன்றாகவே சென்று சேரும். மாறக்கூடிய கடந்த காலத்தைத் தேர்ந்தால், கைதி எந்த ஆண்டுக்கு முன்னால் செல்ல இயலாது என்ற எல்லையையும் வகுத்து, சிறையின் அடித்தளத்தை அதற்கு அப்பால் வையுங்கள்.

அடுத்தது கொட்டடி. இதற்கு இயற்பியல் தரும் மிகச் சிறந்த வடிவம், பெரும் நிறை கொண்ட உள்ளீடற்ற கோள ஓடு. சீரான அத்தகைய ஓட்டின் உட்புறத்தில் ஈர்ப்பு எதுவும் உணரப்படாது. கைதி மிதந்துகொண்டிருக்கும், எதுவும் அதை நசுக்காது, இழுக்காது. ஆயினும் தொலைவில் உள்ள கடிகாரங்களோடு ஒப்பிட்டால் உள்ளே காலம் மெதுவாகவே ஓடும். இயல்பான பொருளால் ஆன ஓடு கால ஓட்டத்தில் சில மடங்கு வேறுபாட்டுக்கு மேல் தாங்காமல் தன் ஈர்ப்பாலேயே இடிந்து கருந்துளையாகிவிடும் என்பதால், உங்கள் கற்பனையான கண்டுபிடிப்பை இந்த ஒரே இடத்தில் வையுங்கள்: இடியாமல் நிற்கும் ஓர் ஓட்டுப்பொருள். மற்ற எல்லாவற்றையும் உண்மையான விதிகளுக்கே விட்டுவிடலாம். வாசகர் ஒரு பெரிய பொய்யை மனமுவந்து ஏற்பார், பத்துச் சிறிய பொய்களை ஏற்கமாட்டார்.

பின்பு கணக்குப் போடுங்கள். உள்ளே 1 மணி நேரம் கழிகையில் வெளியே 50 மணி நேரம் கழிகிறது என்று கொள்வோம். கைதி தன்னைப் பத்து மடங்கு விரைவுபடுத்திக்கொள்ள வல்லது என்றால், காவலருக்கு இன்னும் ஐந்து மடங்கு மேலான வேகம் மிஞ்சுகிறது. அது நூறு மடங்கு வல்லது என்றால் உங்கள் சிறை தோற்றுவிட்டது, ஓட்டின் நிறையைக் கூட்டியாக வேண்டும். காவலர் வெளியிலிருந்து ஒரு நிமிடம் பேசினால், உள்ளே அது ஒரு விநாடிக்குச் சற்றே மேற்பட்ட கீச்சொலியாகக் கேட்கும். ஆதலால் பேச்சைப் பதிந்து, நீட்டி, அனுப்பும் கருவி ஒன்று தேவைப்படும். ஒரு மணி நேர விசாரணைக்காக உள்ளே செல்லும் காவலர், இரண்டு நாளுக்கு மேல் கழிந்த பிறகே வெளியே வருவார். இவ்விழப்பை யார் ஏற்கிறார், அதற்கு என்ன ஈடு என்பதை எழுதாத கதையில் காவலர்கள் மனிதர்களாகத் தெரியமாட்டார்கள். தண்டனை நூறு ஆண்டு என்றால் எந்தக் கடிகாரத்தின் நூறு ஆண்டு என்பதையும் தீர்ப்பிலேயே சொல்லிவிட வேண்டும்: வெளிக்கடிகாரம் என்றால் கைதிக்கு அது இரண்டே ஆண்டு, உட்கடிகாரம் என்றால் வெளியே 5,000 ஆண்டு.

எச்சரிக்கை அமைப்பில்தான் பலர் தவறுகிறார்கள். கொட்டடிக்குள் எத்தனை துல்லியமான கடிகாரம் வைத்தாலும் பயனில்லை. கைதி காலத்தைக் குலைக்கும்போது அக்கடிகாரமும், அதைப் பார்ப்பவரின் நாடித்துடிப்பும் சேர்ந்தே குலையும், எவருக்கும் வேறுபாடு தெரியாது. ஒப்பிடுவதற்குக் கைதியின் கை எட்டாத சாட்சி வேண்டும். சீரான இடைவெளியில் வானொலித் துடிப்புகளை அனுப்பும் துடிவிண்மீன்கள் இதற்கு மிகவும் ஏற்றவை: 1967-இல் முதன்முதலாகக் கண்டறியப்பட்டது 1.337 விநாடிக்கு ஒருமுறை துடிக்கிறது, இன்று வந்துசேரும் துடிப்பு நெடுங்காலத்துக்கு முன்பே புறப்பட்டுவிட்டது. அத்துடிப்புகளின் எண்ணிக்கையோடு உட்கடிகாரத்தின் ஓட்டத்தை இடைவிடாது ஒப்பிடும் கருவியே உண்மையான காவலர். நுட்பத்துக்கும் குறைவில்லை: 33 செ.மீ. உயர வேறுபாட்டால் காலம் ஓடும் வேகத்தில் ஏற்படும் மாற்றத்தை ஒளியியல் அணுக்கடிகாரங்கள் 2010-இலேயே அளந்துவிட்டன. ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையிலுள்ள கடிகாரங்களைவிட நாளொன்றுக்கு சுமார் 38 மைக்ரோவிநாடி முந்துவதைக் கணக்கில் கொண்டே நம் கைபேசிகள் வழிகாட்டுகின்றன.

கைதி அணுவளவே ஆன உயிரியாக இருந்தால் ஓடு தேவையில்லை. அணு போன்ற நுண்துகள்களால் ஆன ஒரு குவாண்டம் அமைப்பை இடைவிடாது அளந்துகொண்டிருந்தால் அதன் மாற்றம் தடைப்படும் என்று இயற்பியலாளர்கள் மிஸ்ராவும் சுதர்சனும் 1977-இல் காட்டிய ஜீனோ விளைவு போதும். அளப்பது நின்றால் சிறையும் முடிந்துவிடும் என்பதால் மின்தடை கூடக் கதைத்திருப்பமாகும்.

எல்லாம் அமைந்த பின், கைதியின் இடத்தில் அமர்ந்து தப்பிக்கும் திட்டத்தை முழுமையாக எழுதிப் பாருங்கள். நீங்கள் வகுத்த விதிகளை மீறாமலேயே அது வெளியேற முடிந்தால், எந்த விதியைத் திருத்துவது என்பதைக் கதையின் முதல் அத்தியாயத்துக்கு முன்பே முடிவு செய்யுங்கள். நடுவில் புதிய விதியைப் புகுத்தி ஓட்டையை அடைக்காதீர்கள்.