டர்பன் வீட்டில் கரிம உமிழ்வைக் கணக்கிட்டுக் குறைப்பது எப்படி?

தென்னாப்பிரிக்க மின்சாரத்தில் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு நிலக்கரியை எரித்துக் கிடைப்பது. ம்பூமலாங்கா மாகாணத்தின் அனல் மின்நிலையங்களில் கரி எரிய, அதன் மின்சாரம் கம்பி வழியாக டர்பனின் புறநகர்ப் பகுதிகளான சாட்ஸ்வொர்த்துக்கும் ஃபீனிக்ஸுக்கும் வந்து சேர்கிறது. அரசு மின் நிறுவனமான எஸ்காமின் மின்சாரத்தில் ஒரு யூனிட் செலவானால் ஏறத்தாழ 1 கிலோ கரியமில வாயு காற்றில் கலக்கிறது. கணக்கு எழுதுகிறவருக்கு இதில் ஒரு வசதி உண்டு: மீட்டர் காட்டும் யூனிட்டையே கிலோ என்று படித்துக்கொள்ளலாம்.

முதல் வேலை, ஒரு நோட்டை எடுத்து மாதந்தோறும் ஒரே தேதியில் மீட்டர் எண்ணை எழுதி வைப்பது. ப்ரீபெய்டு மீட்டர் வைத்திருப்பவர்கள் வாங்கிய சீட்டுகளைக் கூட்டிப் பார்த்தால் போதும் என்று நினைப்பதுண்டு. அது வாங்கிய கணக்கே தவிரச் செலவான கணக்கு அல்ல. மாதத் தொடக்கத்தில் இருந்த மீதியோடு அந்த மாதம் வாங்கியதைக் கூட்டி, மாத இறுதியின் மீதியைக் கழித்தால் சரியான அளவு வரும். பெட்ரோலுக்கு லிட்டருக்கு 2.3 கிலோ, டீசலுக்கு 2.7 கிலோ, 9 கிலோ சமையல் எரிவாயு சிலிண்டர் ஒன்றுக்கு 27 கிலோ என்று வைத்துக்கொள்ளலாம். மாதம் 600 யூனிட், 70 லிட்டர் பெட்ரோல், ஒரு சிலிண்டர் செலவழிக்கும் வீட்டின் கணக்கு 600, 161, 27 என்று கூடி 788 கிலோ ஆகிறது. அதில் முக்கால் பங்கு மின்சாரத்தால் வருவது. ஆகவே குறைக்கும் வேலையையும் அங்கேதான் தொடங்க வேண்டும்.

பெரும்பாலான வீடுகளில் அந்த மின்சாரத்தை மிக அதிகமாக விழுங்குவது கூரைக்கும் சீலிங்குக்கும் நடுவே யார் கண்ணிலும் படாமல் கிடக்கும் கீசர். விளக்கை அணைக்கச் சொல்லிப் பிள்ளைகளை விரட்டுகிற பெற்றோர் கீசரைப் பற்றி மூச்சுவிடுவதில்லை. 150 லிட்டர் நீரை 20 டிகிரியிலிருந்து 60 டிகிரிக்குக் கொண்டுபோக 7 யூனிட் தேவை. 9 வாட் எல்.இ.டி. விளக்கு ஒன்று அதே 7 யூனிட்டைச் செலவழிக்க ஒரு மாதத்துக்கு மேல் இரவும் பகலும் எரிய வேண்டும். யாரும் வெந்நீரைத் தொடாத நாளிலும், தொட்டியின் உடல் வழியே வெப்பம் கசிவதால் கீசர் நாளுக்கு 2 யூனிட் வரை செலவழிக்கக்கூடும்.

கீசரைச் சீர்செய்யும் நாளில் முதலில் வீட்டின் மின் விநியோகப் பெட்டியான டிபி போர்டில் அதன் சுவிட்சை அணைக்க வேண்டும்; கீசர் அருகிலும் தனி சுவிட்ச் இருந்தால் அதையும் அணைத்த பிறகே மூடியைத் திறக்கலாம். மின்வேலை பழகாதவர்கள் இந்த ஒரு காரியத்துக்கு எலெக்ட்ரீஷியனை அழைப்பதே நல்லது. நீரின் சூட்டைக் கட்டுப்படுத்தும் தெர்மோஸ்டாட் 65 அல்லது 70 டிகிரியில் இருந்தால் 60க்கு இறக்கலாம். அதற்குக் கீழே இறக்கினால் தொட்டியில் லெஜியனெல்லா என்னும் நோய்க்கிருமி வளர இடம் உண்டு என்பதால், மிச்சம் பிடிக்கும் ஆசையில் 50க்குப் போகக் கூடாது. அடுத்து, கீசருக்கென விற்கும் வெப்பக்காப்புப் போர்வையைத் தொட்டியைச் சுற்றிக் கட்டி, வெந்நீர்க் குழாயின் முதல் ஓரிரு மீட்டருக்கு நுரைக்குழல் போட வேண்டும். வால்வுகளையும் மின் இணைப்பு மூடியையும் போர்வையால் மறைக்கக் கூடாது. ஷவரைப் பார்க்க ஒரு வாளி போதும்: முழு வேகத்தில் திறந்து ஒரு நிமிடம் பிடித்தால் 10 லிட்டருக்கு மேல் நிறைகிறது என்றால், குறைநீர் ஷவர் தலை ஒன்றை வாங்கி மாட்டுவதே இந்த வீட்டில் செய்யக்கூடிய மிக மலிவான உமிழ்வுக் குறைப்பு. டைமர் பற்றிப் பலரும் பெரிதாகச் சொல்வார்கள். அது மிச்சப்படுத்துவது கசியும் வெப்பத்தில் ஒரு பகுதியை மட்டுமே. குளிக்கும் நீரைச் சூடாக்கும் செலவு டைமர் இருந்தாலும் இல்லாவிட்டாலும் அதேதான்.

கீசர் வெடித்தோ ஒழுகியோ மாற்ற வேண்டிய காலம் வரும்போது சூரிய வெந்நீர்க் கருவியையோ, வெளிக்காற்றின் வெப்பத்தை இழுத்து நீரைச் சூடாக்கும் ஹீட் பம்ப்பையோ யோசிக்கலாம். ஹீட் பம்ப் அதே வெந்நீரை ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு மின்சாரத்தில் தரும். 2011க்குப் பிறகு எழும் புதிய வீடுகளில் வெந்நீரின் பாதியையாவது சாதாரண மின்சூடேற்றி அல்லாத வழியில் பெற வேண்டும் என்று இந்நாட்டுக் கட்டட விதியே சொல்கிறது. உறைபனி விழாத டர்பன் கடற்கரைக்கு, சூரியக் கருவிகளில் குழாய்நீரையே நேரடியாகச் சூடாக்கும் எளிய வகை போதும். ஜோஹானஸ்பர்க்கில் இருக்கும் உறவினர்கள் உறைபனியைத் தாங்கும் வகையைக் கேட்டு வாங்க வேண்டும்.

கூரையில் ஏற்றும் எந்தச் சூரியப் பலகையும் இங்கே வடக்கு நோக்கி, ஏறத்தாழ 30 டிகிரி சாய்வில் இருக்க வேண்டும். என் சித்தப்பா மகன் தமிழ்நாட்டிலிருந்து வந்த காணொளி ஒன்றைப் பார்த்து, அதில் சொன்னபடியே பலகைகளைத் தெற்குச் சரிவில் வைக்கச் சொல்லிவிட்டார். பொருத்த வந்தவர்களும் மறுக்கவில்லை. கோடையில் ஒன்றும் தெரியவில்லை. ஜூன் மாதம் சூரியன் வடக்கே தாழ்ந்தபோதுதான் பலகைகள் பாதி நாள் நிழலில் கிடப்பது தெரிந்தது. பூமத்திய ரேகைக்கு அந்தப் பக்கம் எழுதப்பட்ட தமிழ் வழிகாட்டி எதைப் படித்தாலும் திசையை மாற்றிப் படித்துக்கொள்வது இங்குள்ளவர்களுக்கு அவசியம். சரியாக வைத்த 1 கிலோவாட் பலகை டர்பனில் நாளுக்குச் சராசரியாக 4 யூனிட் தரும். மின்கட்டமைப்போடு இணைத்தால் டர்பனை நிர்வகிக்கும் எத்தெக்வினி மாநகராட்சியில் பதிவு செய்தாக வேண்டும்.

முறைவைத்து மின்சாரத்தை நிறுத்திய லோட் ஷெடிங் காலத்தில் வாங்கிய இன்வெர்ட்டரும் பேட்டரியும் மட்டும் இருக்கும் வீடுகளில் உமிழ்வு குறையாது, சற்றுக் கூடவே செய்யும். பேட்டரிக்குள் போவதும் எஸ்காம் மின்சாரம்தான்; உள்ளே போய் வெளியே வருவதற்குள் அதில் ஒரு பகுதி வெப்பமாகப் போய்விடுகிறது.

மின்சாரக் கார் விஷயத்திலும் இதே எச்சரிக்கை தேவை. சாட்ஸ்வொர்த்திலிருந்து நகரத்துக்குப் போக வர 40 கிலோமீட்டர், மாதத்தில் 22 நாள் என்றால், நூறு கிலோமீட்டருக்கு 8 லிட்டர் குடிக்கும் பெட்ரோல் காரின் கணக்குதான் மேலே சொன்ன 70 லிட்டர். நூறு கிலோமீட்டருக்கு அது 18 கிலோ. மின்சாரக் கார் அதே தூரத்துக்கு 17 யூனிட் எடுத்தால் 17 கிலோ. கூரைப் பலகையில் பகலில் சார்ஜ் செய்ய முடியாதவருக்கு, இருக்கிற காரில் அண்டை வீட்டாரில் இரண்டு பேரை ஏற்றிச் செல்வது புதிய கார் வாங்குவதைவிட அதிகப் பலன் தரும்.

சமையலறையில் செய்ய வேண்டியது சிறிது. சுகர் பீன்ஸ் என்னும் உலர்ந்த பயறையும் பருப்பையும் முதல் நாளே ஊற வைத்து, குக்கரில் வேக வைத்தால் போதும். கோயிலில் ஏற்றும் கற்பூரத்தைக் குறித்து இளையவர்கள் சிலர் கவலைப்படுகிறார்கள். ஷவரில் கூடுதலாக நிற்கும் சில நிமிடங்களின் முன் அது கணக்கில் வராது.

கரியமில வாயுவைத் தவிர இரண்டு வாயுக்களைக் கவனிக்க வேண்டும். குப்பைமேட்டில் காற்றுப்படாமல் அழுகும் சோறும் காய்கறித் தோலும் மீத்தேனை வெளியிடுகின்றன. நூறாண்டுக் கணக்கில் அதன் வெப்பமூட்டும் ஆற்றல் கரியமில வாயுவைப்போல் சுமார் 28 மடங்கு. கிளேர் எஸ்டேட்டில் உள்ள பிசாசர் சாலைக் குப்பைமேட்டில் மாநகராட்சி குழாய் பதித்து அந்த வாயுவை உறிஞ்சி மின்சாரம் எடுத்தது. வீட்டில் உரக்குழி போடுகிறவர்கள் காய்ந்த இலையைக் கலந்து வாரம் ஒருமுறை கிளறிவிட வேண்டும். ஈரமாக மூடி வைத்தால் அதுவே சிறிய குப்பைமேடாகிவிடும். இரண்டாவது, ஏ.சி.யில் உள்ள குளிர்பதன வாயு. ஆர்-410ஏ வகை 1 கிலோ கசிந்தால் 2 டன் கரியமில வாயுவுக்குச் சமம்; மேலே சொன்ன வீட்டின் இரண்டரை மாதக் கணக்கு ஒரே மூச்சில் போகிறது. ஆண்டுதோறும் வாயு நிரப்பித் தருகிற மெக்கானிக்கிடம் கசிவை முதலில் அடைக்கும்படி வற்புறுத்திக் கேட்க வேண்டும்.

நாட்டளவிலும் வேலை நடக்கிறது. 2019 ஜூன் முதல் உமிழும் கரியமில வாயு டன்னுக்கு 120 ராண்டு என்று கரிம வரி தொடங்கியது. கோமாட்டி அனல் மின்நிலையம் 2022 அக்டோபரில் நின்றது. காலநிலை மாற்றச் சட்டம் 2024இல் கையெழுத்தானது. சூரிய, காற்று மின்சாரம் கூடக்கூட யூனிட்டுக்கு 1 கிலோ என்னும் கணக்கு இறங்கும். எஸ்காமின் ஆண்டறிக்கையில் வரும் எண்ணைப் பார்த்து நோட்டின் தலைப்பில் ஆண்டுக்கு ஒருமுறை திருத்திக்கொள்ளலாம்.

ஒப்பிடும்போது ஜனவரியை ஜூலையோடு வைக்கக் கூடாது. ஜூலையில் குழாய் நீர் குளிர்ந்து வருவதால் கீசர் கூடுதலாக உழைக்கும். போர்வை கட்டியும் யூனிட் ஏறிவிட்டதே என்று வீணாகச் சோர்ந்துபோக நேரும். இந்த ஜூலையைப் போன ஜூலையோடு வைத்துப் பார்க்க வேண்டும்.