22 அணி, ஒரு மைதானம், 18 நாள்: நாக் அவுட் கோப்பைக்கு ஃபிக்சர் போடும் முறை

கோடை விடுமுறை வந்துவிட்டால் எங்கள் குமரி மாவட்டத்துக் கடற்கரை ஊர்களில் சுவருக்குச் சுவர் கால்பந்து டோர்னமென்ட் போஸ்டர்தான். சுழற்கோப்பை யார் நினைவாக, முதல் பரிசு எவ்வளவு, சிறப்பு விருந்தினர் யார் என்பதையெல்லாம் வாரக்கணக்கில் உட்கார்ந்து பேசுவார்கள். யார் யாரோடு என்றைக்கு ஆடுவது என்ற அட்டவணையை, அதாவது ஃபிக்சரை மட்டும் கடைசி ராத்திரி யாராவது ஒருவர் நோட்டில் கோடு கிழித்து முடிப்பார். எங்கள் மன்றத்தில் அந்த வேலை என் தலையில் விழுந்து பல வருஷமாகிறது. பக்கத்து ஊர்ப் பையன்கள் போன் போட்டுக் கேட்டால் நான் சொல்வது இதுதான்: அணிப் பெயர் ஒன்றைக்கூட எழுதாதே. முதலில் காலிக் கட்டம் போடு. ஒவ்வொரு மேட்சுக்கும் நம்பர், தேதி, நேரம் எழுது. அதை எல்லா அணிக்கும் அனுப்பு. அதற்கு அப்புறம்தான் சீட்டுக் குலுக்கல்.

பெயர் வந்த பிறகு தேதி போட்டால், நீங்கள் எவ்வளவு நேர்மையாகப் போட்டாலும் "உங்க டீமுக்கு மட்டும் அஞ்சு நாள் ரெஸ்டா?" என்று கேட்க ஓர் ஆள் இருப்பார். தேதி முன்னாலேயே சுவரில் ஒட்டியிருந்தால் அவர் சண்டை போட வேண்டியது குலுக்கிய சீட்டோடுதான்.

இனி கணக்கு. 22 அணி பதிந்திருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். நாக் அவுட்டில் ஒரு மேட்ச் ஓர் அணியை வெளியே அனுப்பும். கோப்பை தூக்குவது ஓர் அணி, வெளியே போக வேண்டியது 21. ஆகவே 21 மேட்ச், கூடவும் வராது, குறையவும் வராது. நடுவர் படி, பந்து, கோடு போடச் சுண்ணாம்பு, தண்ணீர் கேன் எல்லாவற்றுக்கும் இந்த 21-ஐ வைத்தே பட்ஜெட் போடலாம்.

அடுத்தது பை (bye), அதாவது ஒரு சுற்றை ஆடாமலே தாண்டிப் போகும் சலுகை. 2, 4, 8, 16, 32 என்று இரட்டித்துப் போகும் எண்களில் 22-ஐத் தாண்டி வரும் முதல் எண் 32. 32-ல் 22 போனால் 10. அந்த 10 அணிக்கு முதல் சுற்றில் மேட்ச் கிடையாது, நேராக இரண்டாம் சுற்று. மீதி 12 அணி 6 மேட்ச் ஆடும், 6 அணி ஜெயிக்கும். 10-ம் 6-ம் 16. இனி 8, 4, 2, 1 என்று மேட்ச் குறைந்துகொண்டே போகும். 6, 8, 4, 2, 1 கூட்டினால் 21.

பத்து அணிக்கு சும்மா விடுவதா என்று கமிட்டியில் கண்டிப்பாக ஒருவர் கேட்பார். அவர் ஒரு வழியும் சொல்வார்: முதல் சுற்றில் 22 பேரும் ஆடட்டும், 11 பேர் வருவார்கள், அதில் ஒருவருக்கு மட்டும் பை கொடுத்தால் 6 ஆகிவிடும். கேட்க நன்றாகத்தான் இருக்கும். 6 அணி மூன்றாகும்போதுதான் வினை தெரியும். அரையிறுதியில் மூன்று அணி! ஒருவர் ஆடாமலே இறுதிப் போட்டிக்குப் போவார். முதல் சுற்றில் கொடுக்கும் பத்து பையைவிட அரையிறுதியில் கொடுக்கும் ஒரு பை பெரிய அநியாயம். பை கொடுப்பதானால் முதல் சுற்றோடு முடித்துக்கொள்ள வேண்டும்.

இதில் அனுபவமில்லாமல் திண்டாடியவர்கள் நாம் மட்டும் இல்லை. உலகின் மிகப் பழைய தேசியக் கால்பந்துப் போட்டியான இங்கிலாந்தின் எஃப்.ஏ. கோப்பை 1871-72-ல் தொடங்கியபோது பதிந்தவை 15 அணிகள், அதில் சில களத்துக்கே வரவில்லை. ஸ்காட்லாந்திலிருந்து வந்த குவீன்ஸ் பார்க் அணி பை, எதிரணி விலகல், மறுபடி பை என்று ஒரு மேட்ச்கூட ஆடாமல் அரையிறுதிக்கு வந்துவிட்டது. அங்கே வாண்டரர்ஸ் அணியோடு 0-0. மறு ஆட்டத்துக்காக லண்டனில் தங்கக் கையில் காசில்லாமல் விலகிக்கொண்டது. ஒரு கோல் வாங்காமல், ஒரு மேட்ச் தோற்காமல் வீட்டுக்குப் போன அணி. வாண்டரர்ஸ்தான் இறுதியில் ராயல் இன்ஜினியர்ஸை 1-0 என்று வென்று முதல் கோப்பையை எடுத்தது.

இன்று அதே எஃப்.ஏ. கோப்பையில் 700-க்கும் மேற்பட்ட அணிகள் இருந்தும் கணக்கு பிசகுவதில்லை. சின்ன கிளப்புகள் ஆகஸ்டிலேயே தகுதிச் சுற்றுகளைத் தொடங்கிவிடும். அதில் தேறும் 32 அணிகளோடு மூன்றாம், நான்காம் நிலை லீக்குகளான லீக் ஒன், லீக் டூ கிளப்புகள் 48 சேர்ந்தால் 80. அதுதான் 'முதல் சுற்று'. 80 நாற்பதாகி, நாற்பது இருபதாகும். ஜனவரியில் மூன்றாம் சுற்றில் முதல் இரண்டு நிலை லீக்குகளான பிரீமியர் லீக்கும் சாம்பியன்ஷிப்பும் 44 அணிகளோடு உள்ளே வரும். 20-ம் 44-ம் 64. அங்கிருந்து இறுதிவரை பாதிப் பாதிதான். லிவர்பூலும் ஆர்சனலும் மூன்றாம் சுற்றில் நுழைவதும் ஒரு வகையில் பைதான், கொஞ்சம் மரியாதையாகக் கொடுக்கிறார்கள், அவ்வளவுதான். உங்கள் டோர்னமென்டில் வெளிமாவட்டப் பெரிய அணிகளைக் கூப்பிட்டால் இதே வழியைப் பிடிக்கலாம்: உள்ளூர் அணிகள் முதலில் ஆடட்டும், பெரிய அணிகள் 16 அணி ஆடும் சுற்றில் சேரட்டும். அவர்களுக்கும் பயணச் செலவு மிச்சம்.

சரி, தேதிக்கு வருவோம். தேதியைப் பின்னாலிருந்து போட வேண்டும். முதலில் இறுதிப் போட்டி என்றைக்கு என்று முடிவெடுங்கள். எங்களுக்கு அது மே மாதத்து ஞாயிறு ஒன்று; ஜூன் பிறந்தால் தென்மேற்குப் பருவமழை, மைதானம் குளமாகிவிடும். மேற்குக் கடற்கரையில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகுப் பையன்கள் எல்லாம் அப்போதுதான் கரையில் இருப்பார்கள், ஆனால் ஆட மைதானம் இருக்காது. அதனால் மே மாதத்தில் அவர்கள் கடலுக்குப் போகும் நாளைத் தள்ளிவைத்துத்தான் ஆட வர வேண்டும். தேதியை முன்கூட்டியே சொல்லச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

ஒரு மேட்சுக்கு எவ்வளவு நேரம்? நாங்கள் பாதிக்கு 35 நிமிடம், நடுவில் 10 நிமிடம் வைப்போம். 80 ஆயிற்று. சமன் ஆகி டை பிரேக்கர் (பெனால்டி உதைகள்) வந்தால் இன்னொரு 15. மொத்தம் 95 நிமிடம். ஃப்ளட் லைட் கிடையாது, ஆறரைக்கு மேல் பந்து கண்ணுக்குத் தெரியாது. மாலை 4:45-க்கு ஆரம்பித்தால் 6:20-க்கு முடியும். 3 மணிக்கு ஒன்று, 4:45-க்கு ஒன்று என்று இரண்டு மேட்ச் வைக்கிறவர்கள் உண்டு. மே மாத வெயிலில் மூன்று மணிக்கு அந்த மணலில் ஒருவர் நின்று பார்த்துவிட்டு அப்புறம் வைக்கட்டும். இரண்டாவது மேட்சைக் காலை 6:30-க்குத் தள்ளுங்கள். ஞாயிறு காலை மட்டும் வேண்டாம், ஊரே திருப்பலியில் இருக்கும்.

இப்போது கட்டத்தை நிரப்பலாம். கடைசி ஞாயிறு இறுதி, அது மேட்ச் 21. அதற்கு முந்தைய வியாழன், வெள்ளி மாலைகளில் அரையிறுதிகள் 19, 20. அதற்கு முன்னால் சனி, ஞாயிறு, திங்கள், செவ்வாய் மாலைகளில் ஒவ்வொரு காலிறுதி: 15, 16, 17, 18. அதற்கும் முன்னால் திங்கள் முதல் வியாழன் வரை காலையில் ஒன்று மாலையில் ஒன்றாக 16 பேர் சுற்று: 7 முதல் 14 வரை. எல்லாவற்றுக்கும் முன்னால் வியாழன், வெள்ளி, சனி மூன்று நாளும் இரண்டிரண்டாக முதல் சுற்று: 1 முதல் 6 வரை. எண்ணிப் பார்த்தால் 18 நாள். அதில் முதல் ஞாயிறு, அடுத்த வெள்ளி, மூன்றாம் வாரத்துப் புதனும் சனியும் என்று நான்கு நாள் காலி. அந்த நாளைத் தொடவே கூடாது. மழைக்கு, ஊரில் யாராவது தவறிவிட்டால் நிறுத்தும் மேட்சுக்கு என்று வைத்திருப்பவை அவை. ஒரு மேட்ச் நின்றால் அந்த மேட்ச் மட்டும் அடுத்த காலி நாளுக்குப் போகும். மற்றதெல்லாம் போட்ட தேதியில் நடக்கும். எல்லா மேட்சையும் ஒவ்வொரு நாள் தள்ளிவிடலாம் என்று ஆரம்பித்தால் ஜூன் மழையில்தான் போய் நிற்பீர்கள்.

எந்த மேட்ச் வெற்றியாளர் எங்கே போகிறார் என்பதில்தான் கொஞ்சம் கவனம் வேண்டும். 7-ம் 8-ம் திங்களன்று நடக்கின்றன, இரண்டிலும் ஜெயித்தவர்கள் சனிக்கிழமை 15-ல் மோதுவார்கள். 9, 10 செவ்வாய், அவர்களுக்கு ஞாயிறு 16. இப்படியே 11, 12 போய் 17-ல் சேரும், 13, 14 போய் 18-ல் சேரும். ஒரே நாளில் ஆடியவர்களே எதிரெதிரே வருவதால் ஓய்வு இருவருக்கும் சமம். பிறகு 15, 16 வெற்றியாளர்கள் வியாழன் அரையிறுதிக்கு, 17, 18 வெற்றியாளர்கள் வெள்ளிக்கு. இங்கே ஒருவருக்கு ஒரு நாள் ஓய்வு கூடும். ஒரு நாள் வித்தியாசத்தைப் பொறுத்துக்கொள்ளலாம். 2022 உலகக் கோப்பையிலேயே அர்ஜென்டினா டிசம்பர் 13-லும் பிரான்ஸ் 14-லும் அரையிறுதி ஆடி 18-ல் இறுதியில் சந்தித்தன. இரண்டு நாள் வித்தியாசம் வந்தால் கட்டத்தை மாற்றிப் போடுங்கள்.

பை வாங்கிய பத்துப் பேரை ஒரே பக்கம் குவிக்காதீர்கள். 7 முதல் 10 வரை மேல் பாதி, 11 முதல் 14 வரை கீழ்ப் பாதி. ஒவ்வொரு பாதிக்கும் ஐந்து பை, மூன்று முதல் சுற்று வெற்றியாளர். மேட்ச் 1 வெற்றியாளர் 7-க்கு, 2 வெற்றியாளர் 8-க்கு, 3 வெற்றியாளர் 9-க்கு, அங்கெல்லாம் எதிரில் ஒரு பை அணி. 10-ல் பையும் பையும். கீழ்ப் பாதியில் 4, 5, 6 வெற்றியாளர்கள் முறையே 11, 12, 13-க்கு, 14-ல் மறுபடி பையும் பையும்.

குலுக்கலுக்கு முன் ஒரு முடிவு பாக்கி: பை யாருக்கு? போன வருஷம் அரையிறுதிக்கு வந்த நான்கு அணிகளுக்கும் பை கொடுத்து, காலிறுதிக்கு ஒருவராகப் பிரித்து வைப்பது என் வழக்கம். மீதி 18 அணிக்கும் சீட்டுதான்: ஆறு பை, பன்னிரண்டு முதல் சுற்று இடம். எஃப்.ஏ. கோப்பையில் அப்படிப் பிரிப்பதே கிடையாது. மூன்றாம் சுற்றிலேயே லீக் சாம்பியனும் கோப்பைச் சாம்பியனும் மோதலாம், ஒவ்வொரு சுற்றுக்கும் நம்பர் போட்ட பந்தை எடுத்துப் புதிதாகக் குலுக்குவார்கள், முதலில் வரும் நம்பருக்குச் சொந்த மைதானம். டிவிக்கு அது நல்ல வேடிக்கை. நமக்கு ஒரே மைதானம், அணிகளுக்கு வேன் பேச வேண்டும், அதனால் முழு வழியையும் ஒரே நாளில் குலுக்கி முடிப்பதே நல்லது.

குலுக்கும்போது எல்லா அணியிலிருந்தும் ஓர் ஆளாவது இருக்கட்டும். ஒரே அளவுச் சீட்டு, ஒரே மாதிரி மடிப்பு, வாய் குறுகிய பாத்திரம். எடுப்பது கமிட்டி ஆளாக இருக்க வேண்டாம், பந்து பொறுக்கிப் போடும் சின்னப் பையனைக் கூப்பிடுங்கள். வந்த நம்பருக்கு நேரே பெயரை அங்கேயே போர்டில் எழுதி, போட்டோ எடுத்து குரூப்பில் போட்டுவிடுங்கள். நடத்தும் ஊரின் இரண்டு அணிகளை வேறு வேறு பாதியில் வைக்க ஆசை இருந்தால், அதைக் குலுக்கலுக்கு முன்னால் சொல்ல வேண்டும். சீட்டு எடுத்த பிறகு "ஒரு சின்ன மாற்றம்" என்று வாயைத் திறந்தால் அன்றைக்கே டோர்னமென்ட் முடிந்தது.

சமன் ஆனால் என்ன என்பதை நோட்டீசிலேயே போடுங்கள். மறு ஆட்டம் என்ற பேச்சே வேண்டாம். 1971-ல் எஃப்.ஏ. கோப்பைத் தகுதிச் சுற்றில் ஆல்வ்சர்ச், ஆக்ஸ்ஃபோர்டு சிட்டி இரண்டும் ஆறு தடவை மோதி, 11 மணி நேரம் ஆடிய பிறகுதான் ஆல்வ்சர்ச் ஜெயித்தது. அந்த இங்கிலாந்தே 2024-25 முதல் 'முதல் சுற்று' தொடங்கி மறு ஆட்டத்தை எடுத்துவிட்டது. நமக்கு நேராக டை பிரேக்கர். இறுதியில் மட்டும் கூடுதல் நேரம் 10, 10 நிமிடம் வைக்கலாம். விதிப்படி ஒரு பகுதி 15 நிமிடத்துக்கு மேல் போகக் கூடாது, குறைவாக வைக்கத் தடையில்லை. அப்படியானால் இறுதியை 4:15-க்கே தொடங்க வேண்டும். சிறப்பு விருந்தினர் பேச்சைப் பரிசளிப்புக்குத் தள்ளுங்கள். மேட்சுக்கு முன்னால் மைக்கைக் கொடுத்தால் டை பிரேக்கரை டார்ச் அடித்துத்தான் பார்க்க வேண்டும். மூன்றாம் இடத்துக்கு ஆட்டம் தேவையில்லை. எஃப்.ஏ. கோப்பையில் 1970 முதல் 1974 வரை வைத்துப் பார்த்தார்கள், கூட்டம் இல்லாமல் விட்டுவிட்டார்கள்.

இன்னும் மூன்று வரி நோட்டீசில் வர வேண்டும். சொன்ன நேரத்துக்குப் 15 நிமிடத்துக்குள் ஏழு பேராவது களத்தில் இல்லையென்றால் எதிரணிக்கு வாக் ஓவர், அதாவது ஆடாமலே வெற்றி. ஏழு பேருக்குக் குறைந்தால் மேட்ச் தொடங்கக் கூடாது என்பது ஆட்ட விதியிலேயே இருக்கிறது. ஓர் அணிக்கு ஒரு நிமிடம் ஆடியவர்கூட வேறு அணிக்கு ஆட முடியாது. இதை எழுதாவிட்டால் முதல் சுற்றில் தோற்ற அணியின் நல்ல ஸ்ட்ரைக்கர் காலிறுதியில் வேறு ஜெர்சியில் நிற்பார். இரண்டு மேட்சில் இரண்டு மஞ்சள் அட்டை வாங்கினால் அடுத்த மேட்ச் கிடையாது, ஆனால் காலிறுதி முடிந்ததும் ஒற்றை மஞ்சள் எல்லாம் அழிந்துவிடும். 2002 உலகக் கோப்பை அரையிறுதியில் ஜெர்மனியின் மைக்கேல் பலாக் மஞ்சள் வாங்கினார், சில நிமிடத்தில் வெற்றி கோலையும் அவரே போட்டார், இறுதியில் ஆட முடியாமல் வெளியே உட்கார்ந்தார். உலகக் கோப்பையிலேயே பின்னாளில் விதியை மாற்றினார்கள், நம் ஊர்ப் பையனுக்கும் அந்தச் சலுகை இருக்கட்டும்.

ஆட்டம் தொடங்கிய பிறகு உங்களுக்குத் தினமும் ஒரே வேலைதான். மேட்ச் முடிந்ததும் நடுவர் கையெழுத்துப் போட்ட தாளை வாங்கி, 'மேட்ச் 3 வெற்றியாளர்' என்று எழுதியிருக்கும் இடத்தில் அணிப் பெயரை எழுதி, அடுத்த மேட்ச் என்றைக்கு எத்தனை மணிக்கு என்று அந்த அணிக் கேப்டனிடம் நேரில் சொல்லுங்கள். குரூப்பில் போட்டால் போதாது; 6:30 என்றால் காலையா மாலையா என்று கேட்டு ராத்திரி பதினொரு மணிக்குப் போன் வரும்.