பார்வை வந்துவிட்டது, கண் இன்னும் ஆறவில்லை: லேசர் சிகிச்சைக்குப் பின் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கண்ணாடி பவரைப் போக்கும் லேசிக் என்ற லேசர் சிகிச்சை செய்துகொண்டவர்களில் பெரும்பாலோருக்கு மறுநாள் காலையே சுவர்க் கடிகாரத்தின் முள் கண்ணாடி போடாமல் தெரிந்துவிடுகிறது. வம்பு அங்கேதான் தொடங்குகிறது. நன்றாகத் தெரிகிறது, அப்படியானால் குணமாகிவிட்டது என்று மனசு கணக்குப் போட்டுவிடுகிறது. சொட்டு மருந்து முதலில் ஒரு வேளை விட்டுப்போகும், அப்புறம் இரண்டு வேளை. செக்கப் தள்ளிப்போகும். கண் அரித்தால் கை தானாக மேலே போகும்.

பிஆர்கே என்ற இன்னொரு லேசர் முறையில் செய்துகொண்டவரின் கதை நேர்மாறு. வலி போய்விட்டது, புண் ஆறும்வரை கண் மேல் வைத்திருந்த கான்டாக்ட் லென்ஸையும் எடுத்துவிட்டார்கள், ஆனாலும் எழுத்து மங்கலாகவே தெரிகிறது. 'இருந்ததையும் கெடுத்துக்கொண்டோமோ' என்று ராத்திரி தூக்கம் வராமல் புரளுகிறார். இருவர் செய்வதும் ஒரே பிழைதான். பார்வை திரும்புவதும் புண் ஆறுவதும் ஒன்று என்று நினைக்கிறார்கள். இரண்டும் தனித்தனி வேகத்தில் நடப்பவை.

என்ன செய்தார்கள் என்றே தெரியாமல் இருப்பது

'லேசர் பண்ணிக்கிட்டேன்' என்பதற்கு மேல் சொல்லத் தெரியாதவர்கள் ஏராளம். லேசிக்கில், கருவிழியின், அதாவது கண்ணின் முன்பக்கத்து ஒளி ஊடுருவும் படலமான கார்னியாவின் மேற்பகுதியில் 100 முதல் 120 மைக்ரான் கனத்துக்கு ஒரு மெல்லிய மூடியை வெட்டுகிறார்கள். ஃபிளாப் என்பது அதுதான். ஓர் ஓரத்தை ஒட்டியபடியே விட்டு மடித்து, அடியில் எக்சைமர் லேசரால் செதுக்கி, மூடியைப் பழையபடி படிய வைப்பார்கள். தையல் கிடையாது. கருவிழியின் மொத்தக் கனமே நடுப்பகுதியில் சராசரியாக 540 மைக்ரான், அரை மில்லிமீட்டருக்குக் கொஞ்சம் அதிகம், அவ்வளவுதான். பிஆர்கேயில் மூடி கிடையாது. மேல்தோலையே அகற்றிவிட்டுச் செதுக்கி, புது மேல்தோல் வளரும்வரை பேண்டேஜ் லென்ஸ் என்ற காப்புக் கான்டாக்ட் லென்ஸ் வைப்பார்கள். ஸ்மைல் முறையில், கருவிழிக்குள்ளேயே மெல்லிய வில்லை ஒன்றை லேசரால் வரைந்து, சில மில்லிமீட்டர் கீறல் வழியாக உருவி எடுக்கிறார்கள்.

இது ஏன் முக்கியம் என்றால், மூன்றுக்கும் ஆறும் விதம் வேறு, பயப்பட வேண்டிய விஷயமும் வேறு. லேசிக் செய்த நண்பர் மூன்றாம் நாள் ஆபீஸ் போனார் என்பதற்காக பிஆர்கே செய்தவர் அதே நாளில் லீவை முடிக்கத் தேவையில்லை.

'லேசர்தானே, கத்தியா வைத்தார்கள்' என்ற அலட்சியமும் உண்டு. 1981-ல் ஐபிஎம் ஆய்வகத்தில் ரங்கசாமி சீனிவாசன், ஜேம்ஸ் வின், சாமுவேல் பிளம் ஆகிய மூவரும், 193 நானோமீட்டர் எக்சைமர் லேசர் சதையைச் சுற்றிலும் கருக்காமல் துல்லியமாகச் செதுக்குகிறது என்று கண்டார்கள். விருந்தில் மீந்த வான்கோழித் துண்டில்தான் அந்தச் சோதனை நடந்தது. கருகல் இல்லை, கருவிழியில் ரத்தக் குழாயும் இல்லை, அதனால் ரத்தமும் தழும்பும் கண்ணில் படுவதில்லை. ஆனால் வெட்டு வெட்டுதான்.

கண்ணைக் கசக்குவது

எல்லாத் தவறுக்கும் தலைமை இதுதான் என்பேன். லேசிக் மூடி முதலில் உறிஞ்சு விசையால் மட்டுமே படிந்து நிற்கிறது. ஓரிரு நாளில் அதன் விளிம்பில் மேல்தோல் வளர்ந்து மூடிக்கொள்ளும். அதற்குப் பிறகும் அது முன்பிருந்த உறுதியோடு ஒட்டுவதில்லை. விளிம்பில் ஓரளவு தழும்பு கட்டும், உள்பரப்பு லேசாகத்தான் ஒட்டியிருக்கும். பல ஆண்டுகள் கழித்து விரல் நகமோ மரக்கிளையோ பட்டு மூடி நகர்ந்த சம்பவங்கள் மருத்துவ இதழ்களில் பதிவாகியுள்ளன.

விழித்திருக்கும்போது கையைக் கட்டுப்படுத்திவிடலாம். தூக்கத்தில் முடியாது. இரவில் ஒட்டிக்கொள்ளும்படி ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் மூடியைக் கொடுத்தனுப்புவது அதற்காகத்தான். இரண்டு நாள் போட்டுவிட்டு 'ஒட்டுற டேப் அரிக்குது' என்று தூக்கிப்போடுபவர்கள், மருத்துவர் சொன்ன நாள் முடியும்வரை பொறுக்க வேண்டும். பெரும்பாலும் ஒரு வாரம் சொல்வார்கள். கைக்குழந்தை பக்கத்தில் படுக்கிறது என்றால் கூடுதல் கவனம் தேவை, அந்தப் பிஞ்சு விரல் எங்கே போகும் என்று யாருக்கும் தெரியாது.

கண்ணில் அடிபட்டு, உடனே வலியும் நீர் வடிதலும் மங்கலும் வந்தால், காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று படுக்கக் கூடாது. நகர்ந்த மூடியில் சுருக்கம் விழுந்திருந்தால், சீக்கிரம் நீவிச் சரிசெய்வது எளிது. நாள் ஆக ஆகச் சுருக்கம் நிலைத்துவிடும்.

சொட்டு மருந்தில் நடக்கும் கூத்து

முதலில் போடும் விதம். பலரும் தலையை நிமிர்த்தி, நேரே கருவிழி மேல் குறிபார்த்து, பயத்தில் இமையை இறுக்கி மூடிக்கொள்கிறார்கள். மருந்து கன்னத்தில் வழிகிறது. 'சரியாக விழவில்லை' என்று இன்னும் இரண்டு சொட்டு. முறை இதுதான்: கையைக் கழுவி, கீழிமையை விரலால் மெல்லக் கீழே இழுத்தால் சின்னப் பை ஒன்று தெரியும். பார்வையை மேலே வைத்து, அந்தப் பைக்குள் ஒரே ஒரு சொட்டு. புட்டியின் நுனி இமையிலோ முடியிலோ படக் கூடாது. பிறகு கண்ணை இறுக்காமல் மூடி, மூக்கை ஒட்டிய உள்மூலையை ஒரு நிமிடம் விரலால் லேசாக அழுத்திக்கொள்ளுங்கள். விரல் கருவிழிப் பக்கம் போகக் கூடாது. கண் ஒரு சொட்டுக்கு மேல் தாங்காது, மிச்சம் வழிந்துதான் போகும். அடுத்த மருந்துக்கு ஐந்து நிமிடமாவது இடைவெளி விடாவிட்டால், இரண்டாவது முதலாவதைக் கழுவி வெளியே தள்ளிவிடும்.

அடுத்தது, எப்போது நிறுத்துவது. ஆன்டிபயாடிக் கொஞ்ச நாளில் முடிந்துவிடும். சிக்கல், அழற்சியை அடக்கும் ஸ்டீராய்டு சொட்டு மருந்தில். பிஆர்கே செய்தவர் அதைச் சீக்கிரம் நிறுத்தினால் கருவிழியில் மங்கல் படிய வாய்ப்பு கூடுகிறது. 'போட்டால் சுகமாக இருக்கிறது' என்று சொன்ன நாளுக்கு மேல் தானாக வாங்கிப் போடுபவருக்குக் கண் அழுத்தம் ஏறலாம். அழுத்தம் ஏறினால் வலிக்க வேண்டும் என்பதில்லை, செக்கப்பில் அளந்தால்தான் தெரியும். லேசிக் செய்த கண்ணில் சில சமயம் மூடிக்கு அடியில் நீர் கோத்து, அளவையே குறைவாகக் காட்டி ஏமாற்றும். ஆகவே ஸ்டீராய்டைத் தொடங்குவது, குறைப்பது, நிறுத்துவது எதிலும் சொந்த முடிவு வேண்டாம்.

கண் சிவப்பை நீக்கும் சொட்டு மருந்தை மருந்துக்கடையில் கேட்டு வாங்கிப் போடுவதும் தவறு. ரத்தக் குழாய்களைச் சுருக்கிச் சிவப்பை மறைக்குமே ஒழிய, சிவந்த காரணம் அப்படியே இருக்கும். எல்லாவற்றையும்விட ஆபத்தானது, பிஆர்கே வலி தாங்காமல் கண்ணை மரத்துப்போகச் செய்யும் சொட்டு மருந்தை எப்படியாவது வாங்கி அடிக்கடி விடுவது. அது மேல்தோலை வளரவிடாது, கருவிழியையே அரித்துவிடும். வலி அதிகமாக இருந்தால் மருத்துவரைக் கூப்பிடுங்கள், மாத்திரை மாற்றித் தருவார்.

வறட்சியை 'பவர் திரும்பிவிட்டது' என்று நினைப்பது

மூடி வெட்டும்போதும் செதுக்கும்போதும் கருவிழியின் நுண்ணரம்புகள் அறுபடுகின்றன. கண் காய்கிறது என்ற சேதியை மூளைக்கு அனுப்பி, கண்ணீர் சுரக்கவும் இமைக்கவும் தூண்டுவது அந்த நரம்புகள்தான். அவை மீண்டும் வளர ஆறு மாதம், ஒரு வருடம்கூட ஆகும். அதுவரை கண்ணுக்குத் தான் காய்ந்திருப்பதே சரியாகத் தெரியாது. மணல் விழுந்தாற்போல் உறுத்தும். காலையில் தெளிவாக இருக்கும், சாயங்காலம் மங்கும், இமைத்தால் ஒரு நொடி தெளிந்து மறுபடி மங்கும். சிலருக்குத் தண்ணீராகக் கொட்டும். 'எனக்கு நீர் வடிகிறதே, வறட்சி எப்படி?' என்று கேட்பார்கள். வறண்ட கண் எரிச்சலில் அவசரத்துக்குச் சுரக்கும் நீர் அது, மேற்பரப்பில் நிற்காமல் ஓடிவிடும்.

இப்படி ஏறி இறங்கும் பார்வையை வைத்து, மறுபடி லேசர் செய்யச் சொல்லி இரண்டாம் மாதமே போய் நிற்கக் கூடாது. அப்போது எடுக்கும் பவர் நம்பத்தக்கதல்ல. கண் நிலைப்பட்ட பிறகுதான் மறு சிகிச்சை பற்றிய பேச்சே எழும். அதற்குச் சில மாதங்களாவது ஆகும். இப்போதைக்கு வேண்டியது செயற்கைக் கண்ணீர். அடிக்கடி விடுவதாக இருந்தால் பிரிசர்வேட்டிவ் இல்லாத வகையைக் கேளுங்கள், கெடாமலிருக்கச் சேர்க்கும் பென்சால்கோனியம் குளோரைடு காய்ந்த கண்ணை மேலும் புண்ணாக்கும். காலையில் இமை ஒட்டினாற்போல் இருந்தால் வெடுக்கென்று திறக்காமல், உள்மூலையில் ஒரு சொட்டு விட்டு மெதுவாகத் திறப்பது நல்லது.

கம்ப்யூட்டர், செல்போன் பற்றி வீட்டில் நிறையத் திட்டு விழும். திரை வெளிச்சம் வெட்டைக் கெடுப்பதில்லை. திரையைப் பார்க்கும்போது நாம் இமைப்பது வெகுவாகக் குறைகிறது, இமைத்தாலும் அரைகுறையாக மூடுகிறோம். பிரச்சினை அதுதான். வேலைக்குத் திரும்பியவர் ஃபேன், ஏசி காற்று முகத்தில் நேராக அடிக்காமல் பார்த்துக்கொண்டாலே பாதி உபத்திரவம் குறையும்.

பிஆர்கேயில் பொறுமை இழப்பது

மேல்தோல் ஓரங்களிலிருந்து வளர்ந்து நடுவில் வந்து சேர மூன்றிலிருந்து ஐந்து நாள் பிடிக்கும். சேரும் இடத்தில் சின்ன வரப்பு கட்டுவதால், முதல் நாளைவிட நான்காம் நாள் பார்வை மோசமாக இருப்பது வழக்கம்தான். பிறகு வாரக் கணக்கில் தெளியும், முழுமையாக மூன்று மாதம்கூட ஆகலாம். லென்ஸ் விழுந்துவிட்டால் கழுவித் திரும்ப வைக்காதீர்கள், உறுத்துகிறதென்று நீங்களாக எடுக்கவும் வேண்டாம். வெயிலில் புறஊதாக் கதிரைத் தடுக்கும் கூலிங் கிளாஸைச் சில மாதங்களுக்கு விடாமல் போட வேண்டும். அழகுக்காகச் சொல்வதில்லை, கருவிழியில் மங்கல் படிவதற்கும் புறஊதாக் கதிருக்கும் தொடர்பு உண்டு.

தண்ணீர், மை, வண்டி

குளிக்கும்போது கழுத்துக்குக் கீழே ஊற்றிக்கொண்டு, முகத்தைச் சில நாள் ஈரத்துணியால் துடைத்தால் போதும். நீச்சல் குளம், ஆறு, கடல் எதுவும் இரண்டு வாரத்துக்காவது கூடாது, ஒரு மாதம் சொல்லும் மருத்துவர்களும் உண்டு. தண்ணீரில் வாழும் அகாந்தமீபா என்ற ஓரணு உயிர் கருவிழிக்குள் புகுந்தால் விரட்டுவது பெரும்பாடு. கண் மையும் மஸ்காராவும் மருத்துவர் அனுமதித்த பிறகு, அதுவும் புதிதாக வாங்கியதாக இருக்கட்டும்.

வண்டி ஓட்டுவதில்தான் தன்னம்பிக்கை அளவு மீறுகிறது. அறையில் அட்டையின் கடைசி வரியைப் படித்துவிட்டவருக்கும் இரவில் எதிர்வரும் விளக்கைச் சுற்றி ஒளிவட்டமும் சிதறலும் தெரியலாம். இது பெரும்பாலும் மூன்று முதல் ஆறு மாதத்தில் குறையும். அதுவரை இரவில் ஸ்டீயரிங்கை வேறொருவரிடம் கொடுப்பதில் கௌரவக் குறைச்சல் ஒன்றுமில்லை.

நன்றாகத் தெரிகிறது என்று செக்கப்பைத் தவிர்ப்பது

லேசிக்குக்குப் பின் மூடிக்கு அடியில் தொற்று இல்லாமலே வரும் அழற்சி ஒன்று உண்டு. முதல் சில நாட்களில் தலைகாட்டும். ஆரம்பத்தில் பார்வை நன்றாகவே இருக்கும், ஸ்லிட் லாம்ப் கருவியில் பார்ப்பவருக்குத்தான் தெரியும். அப்போதே பிடித்தால் சொட்டு மருந்தில் அடங்கிவிடும். முற்றினால் கருவிழியில் தழும்பு. மறுநாள் வரச் சொல்வதன் அர்த்தம் புரிகிறதல்லவா? குறைய வேண்டிய வலி கூடினாலோ, சிவப்பு ஏறினாலோ, சீழ் கட்டினாலோ, தெளிந்த பார்வை திடீரென மங்கினாலோ குறித்த தேதிக்குக் காத்திராமல் அன்றே போங்கள்.

ஒரு கண்ணை மாற்றி ஒரு கண்ணைப் பொத்திச் சோதித்துக்கொண்டே இருப்பதும் வேண்டாம். இரண்டு கண்ணும் ஒரே நாளில் ஆறுவதில்லை.

இனி கண் டாக்டரே தேவையில்லை என்ற நினைப்பு

லேசர் சரிசெய்வது கருவிழியின் வளைவை மட்டும். நாற்பதுக்கு மேல் வெள்ளெழுத்து வருவது உள்ளே இருக்கும் லென்ஸின் முதுமையால். அதை லேசர் தடுக்காது, படிக்கக் கண்ணாடி தேவைப்பட்டால் சிகிச்சை தோற்றதாக அர்த்தமில்லை. அதிக மைனஸ் பவர் இருந்தவரின் கண் நீளம் குறைந்துவிடவில்லை, விழித்திரை மெலிந்த இடங்களும் அப்படியேதான் இருக்கும். மின்னல் வெட்டுவது, கரும்புள்ளிகள் திடீரெனக் கூட்டமாக மிதப்பது, ஓரத்தில் திரை விழுவது இவற்றில் எது வந்தாலும் லேசர் செய்து எத்தனை ஆண்டு ஆகியிருந்தாலும் விழித்திரையைச் சோதிக்க வேண்டும்.

கருவிழி மெலிந்திருப்பதால், கண் அழுத்தம் அளக்கும் கருவி உண்மையைவிடக் குறைவாகக் காட்டும். எந்தக் கண் மருத்துவரிடம் போனாலும் லேசர் செய்ததை முதலிலேயே சொல்லிவிடுங்கள். வயதான பின் கண்புரை வந்தால், உள்ளே வைக்கும் லென்ஸின் பவரைக் கருவிழி வளைவை வைத்துத்தான் கணக்கிடுகிறார்கள். மைனஸ் பவருக்கு லேசர் செய்த கண்ணில் வழக்கமான சூத்திரம் பிளஸ் பக்கம் பிசகிவிடும். இப்போது அதற்கென்றே தனிச் சூத்திரங்கள் இருக்கின்றன என்றாலும், சிகிச்சைக்கு முந்தைய பவர், கருவிழி வளைவு, கனம், எந்த முறை, எந்தத் தேதி ஆகிய விவரங்கள் கையில் இருந்தால் கணக்கு சுலபமாகும். அந்தக் காகிதங்களை மருத்துவமனையே காலமெல்லாம் வைத்திருக்கும் என்று நம்பியிருக்க வேண்டாம். கடைசிச் செக்கப் அன்றே ஒரு நகல் கேட்டு வாங்கி, போனில் படமெடுத்து, வீட்டில் இன்னொருவருக்கும் அனுப்பிவையுங்கள்.